இருபது லிட்டர் பாசிப்பச்சை

பேரன்பும் பெருமதிப்பும் கொண்ட அக்காவுக்கு,

உன் தம்பி பணிவுடன் எழுதிக்கொள்வது. நீயும் அத்தானும் முழங்கால் வலி தவிர மற்றபடி நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இங்கே நானும் நலம், என் மகள், உன் மருமகளும் நலம். என் மனைவி நேற்றுக் காலையிலிருந்து என்னோடு பேசவில்லை. ஆகவே அவள் நலத்தைப் பற்றி உறுதியாக எழுதுவதற்கில்லை. தொலைபேசியில் உனக்குக் காது கேட்பதில்லை, எனக்குப் பொறுமை இருப்பதில்லை என்பதால் கடிதமாகவே எழுதுகிறேன். கொஞ்சம் உட்கார்ந்து படி.

போன மாதம் சம்பந்தி வீட்டு விருந்துக்கு உன் மருமகள் எதை உடுத்துவது என்று கேட்டபோது, இளமஞ்சள், கடை நிற அட்டையில் எண் இருபத்திரண்டு என்று நான் சொன்னதும், அவள் அப்படியே உடுத்திப் போனதும், விருந்தில் யாரோ ஒருவர் "பொண்ணுக்கு உடம்பு சரியில்லையா?" என்று விசாரித்ததும் உனக்குத் தெரியும். அதற்குப் பிறகு நீ ஒரு வரி எழுதியிருந்தாய்: 'நிச்சயதார்த்தத்தில் மோதிரம் மாற்றும் மாலைக்கு அவள் துணியை அவளே பார்த்துக்கொள்வாள், நீ வாயைத் திறக்காதே.' அந்த வரியை நான் மதித்தேன் அக்கா. மதித்ததால்தான் இவ்வளவும் வந்தது.

துணிக்கடைக்குப் போனோம். நான், மனைவி, உன் மருமகள் மூன்று பேரும். உனக்கே தெரியும், அவள் பேருந்துப் பணிமனையில் இஞ்சின் பார்க்கிறவள். எட்டு வருடமாக அவளைக் கருநீலச் சீருடையிலும் கிரீஸிலும்தான் பார்த்துப் பழகியிருக்கிறேன். விரல் நகத்தைப் பார்த்தே அன்றைக்கு எந்த வண்டியைக் கழற்றியிருக்கிறாள் என்று சொல்லிவிடுவேன். அவள் பதின்மூன்று உடைகளைப் போட்டுப் பார்த்துக் கழற்றினாள். நான் நாற்காலியில் உட்கார்ந்து, வாயை இறுக மூடிக்கொண்டு, ஒவ்வொன்றின் எண்ணையும் மனதுக்குள் சொல்லிக்கொண்டிருந்தேன். பெயிண்ட் கடையில் முப்பத்தோரு வருடம் நிறம் கலக்கிறவனுக்கு அது மூச்சு விடுகிற மாதிரி. பதினாலாவதாகத் தரையைத் தொடும் ஒரு நீளக் கவுனில் வெளியே வந்தாள் பார், எனக்கு எண் வரவில்லை. டியூப்லைட்டுக்குக் கீழே பச்சை. கண்ணாடிப் பக்கம் திரும்பினால் நீலம். வாசல் வெளிச்சத்துக்கு நடந்து போனால் இரண்டும் இல்லை, வேறு என்னவோ. நான் வாழ்நாள் முழுக்கச் சுவருக்கு நிறம் கொடுத்தவன். சுவர் நடக்காது. நடக்கிற நிறம் ஒன்று இருக்கிறது என்பதை அன்றுதான் பார்த்தேன்.

அவள் நேராக என்னிடம் வந்து, "எப்படிப்பா இருக்கு?" என்றாள்.

நீ வாயைத் திறக்காதே என்றிருந்தாய். திறந்திருந்தாலும் உள்ளே வார்த்தை இல்லை. நான் பார்த்தபடியே உட்கார்ந்திருந்தேன். அவள் முகம் சுருங்கிவிட்டது. "அப்பாவுக்குப் பிடிக்கலம்மா" என்று தாயிடம் மெதுவாகச் சொன்னாள். "அவர் கெடக்காரு, உனக்குப் பிடிச்சிருக்கில்ல?" என்று கேட்டு மனைவி அதையே வாங்கிவிட்டாள். ஆனால் வீடு வரும்வரை பிள்ளை பையைத் திறந்துகூடப் பார்க்காமல் மடியிலேயே வைத்திருந்தாள். பிடித்திருக்கிறது என்று மறுநாள் சொல்லியிருக்கலாம். சொன்னேன். "சும்மா எனக்காகச் சொல்லாதீங்கப்பா" என்றாள். இரண்டு மாதத்தில் வேறு வீட்டுக்குப் போகப்போகிற பிள்ளை. அவள் கேட்ட ஒரே கேள்விக்குப் பெற்றவன் பதில் சொல்லவில்லை என்பது நெஞ்சில் முள்ளாகக் குத்துமா குத்தாதா, நீயே சொல்.

வாயால் முடியாததைக் கையால் செய்வோம் என்று முடிவு செய்தேன். அந்த நிறத்தைக் கண்டுபிடித்து, மோதிரம் மாற்றப்போகும் எங்கள் வீட்டுக் கூடத்தின் பெரிய சுவருக்கு அடித்துவிட்டால், அவள் உள்ளே வந்து பார்த்ததும் புரிந்துகொள்வாள் அல்லவா? கவுனை இடுப்பில் கொஞ்சம் பிடிக்கவும் கீழே கொஞ்சம் வெட்டவும் தையல்காரம்மாவிடம் கொடுத்திருந்தோம். அவர் பெரிய கைக்காரர். அளவு நாடாவைக் கழுத்தில் மாலையாகப் போட்டிருப்பாரே தவிர, ஆளைப் பார்த்தே வெட்டுவார். இந்தப் பக்கத்தில் எல்லோருக்கும் அவர்தான், சம்பந்தியம்மாவுக்கும் அவர்தான். நான் போனபோது வாய் நிறைய குண்டூசி வைத்திருந்தார். "எம்பொண்ணு துணியில வெட்டின துண்டு ஒண்ணு வேணும்மா" என்றேன். அவர் முகவாயால் மெஷினுக்குக் கீழே இருந்த கூடையைக் காட்டினார். மேலே கிடந்த துண்டை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன். அந்த அறையின் மஞ்சள் பல்பில் அது பாசிப்பச்சையாகத் தெரிந்தது. வெளியே வந்து பார்த்தேன், அப்போதும் பாசிப்பச்சை. வெளிச்சத்துக்கு வெளிச்சம் மாறுகிற துணி, இப்போது இந்த நிறத்துக்கு மாறியிருக்கிறது என்று எண்ணிக்கொண்டேன். மெய்சிலிர்த்துக்கூடப் போனேன்.

மறுநாள் கடையில் ஒரு லிட்டரில்தான் ஆரம்பித்தேன். கொஞ்சம் மஞ்சள் கூடிவிட்டது. அதை அடக்க நீலம் விட்டேன். நீலம் முந்திக்கொண்டது. அதைத் தணிக்க வெள்ளை, வெள்ளையைத் தணிக்கக் கறுப்பு ஒரு சொட்டு. அந்த ஒரு சொட்டைச் சரிக்கட்ட எல்லாவற்றிலும் மறுபடி கொஞ்சம் கொஞ்சம். பிற்பகலில் துண்டை மேலே வைத்தால் எது துணி எது பெயிண்ட் என்று தெரியாத அளவுக்கு வந்துவிட்டது. அதற்குள் இருபது லிட்டர் ஆகியிருந்தது. முதலாளி வாளியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், "வீட்டுக்கு எடுத்துட்டுப் போய்யா" என்றார்.

நேற்றுக் காலை உன் மருமகள் வேலைக்குப் போனதும் நானே ஏணி போட்டு இரண்டு பூச்சு அடித்தேன். அவள் பார்த்துவிடக் கூடாது என்று படுக்கை விரிப்புகளைத் தைத்துச் சுவருக்குத் திரை போட்டிருக்கிறேன். மனைவி மட்டும் இடுப்பில் கை வைத்துக்கொண்டு, "இதா அவ துணி நிறம்?" என்றாள்.

"வெளிச்சம் மாறினா இதான்."

"வெளிச்சம் மாறினா நீங்களும்தான் மாப்பிள்ளை மாதிரி தெரிவீங்க" என்றாள். அதுதான் அவள் கடைசியாகப் பேசியது.

பேசாவிட்டால் போகட்டும். நாளை மாலை உன் மருமகள் அந்தச் சுவருக்கு முன்னால் நிற்கும்போது எல்லோருக்கும் விளங்கும். கலக்கிய நிறங்களை எண்ணோடு குறித்துவைக்கும் என் நோட்டில் அவளுக்கென்று ஒரு பக்கம் ஒதுக்கி, மேலே அவள் பெயரும் எழுதிவிட்டேன். எண் மட்டும் நாளைக்கு எழுதுவேன். கல்யாணத்துக்கு நீயும் அத்தானும் பத்து நாள் முன்னதாகவே வந்துவிட வேண்டும். அத்தானுக்கு என் வணக்கத்தைச் சொல். பெரியவர்கள் நீங்கள் அங்கிருந்தே பிள்ளையை வாழ்த்துங்கள்; எனக்கும் ஒரு பிடி வாழ்த்து மிச்சம் வையுங்கள்.

உன் சொல்லைத் தட்டாத,
தம்பி

பி.கு.: இந்தக் கடிதம் மூன்று நாளாகச் சட்டைப் பையிலேயே இருந்துவிட்டது. மேலே எழுதியதில் என் கண்ணைப் பற்றி எழுதிய எதையும் நம்பாதே.

அன்று மாலை திரையை அவிழ்த்துவிட்டுக் கைகட்டி நின்றேன். முதலில் வந்தது சம்பந்தியம்மா. பாசிப்பச்சையில் வந்தார். தலை முதல் கால்வரை என் பாசிப்பச்சை, ஒரு சொட்டு கூடக் குறைய இல்லை. அந்தக் கூடையில் அவருடைய துண்டும் கிடந்திருக்கிறது. சுவருக்கு முன்னால் போட்டிருந்த பெரிய நாற்காலியில் மரியாதையாக உட்கார்ந்தார், காணாமல் போனார். ஒரு முகம், இரண்டு கை, மடியில் ஒரு கைப்பை, அவ்வளவுதான். புகைப்படக்காரர், "மாப்பிள்ளையோட அம்மாவைக் கூப்பிடுங்க" என்று மூன்று தடவை சத்தம் போட்டார். "இங்கதாம்ப்பா இருக்கேன்" என்று சுவர் சொன்னது. புகைப்படக்காரர் என் காதோரம் குனிந்து, "நல்லவேளை சார், இதைப் பொண்ணு துணி நிறத்துல அடிச்சிருந்தா பொண்ணைத் தேடியிருப்போம்" என்றார். இந்த யோசனை என் மண்டைக்கு எட்டவே இல்லை அக்கா.

அப்போது உன் மருமகள் உள்ளே வந்தாள். அந்தச் செத்த பாசிப்பச்சைக்கு முன்னால் அவள் நடக்க நடக்க, பச்சையும் நீலமும் பெயர் தெரியாத அந்த இன்னொன்றும் அவளோடு நடந்தன. சுவரைப் பார்த்தாள். கீழே சிந்தியிருந்த சொட்டுகளைப் பார்த்தாள். என் நகத்தைப் பார்த்தாள். நான் அவள் நகத்தைப் பார்ப்பது போலவே. நேராக என்னிடம் வந்து, "இப்பவாவது சொல்லுங்கப்பா. எப்படி இருக்கு?" என்றாள்.

"இதுக்கு நம்பர் இல்லம்மா" என்றேன். அவ்வளவுதான் வந்தது. அவள் மாப்பிள்ளையையும் மறந்து, எல்லோருக்கும் முன்னால் என் தோளில் முகத்தை வைத்துக்கொண்டாள்.

படங்களைப் பார்த்த சம்பந்தியம்மா ஒவ்வொன்றிலும் விரல் வைத்துத் தன்னைத் தேடினார். பிறகு, "எல்லாத்துலயும் பொண்ணு மட்டுந்தான் தெரியுறா. அதுதான் வேணும்" என்றார். கொஞ்சம் கழித்து, "கல்யாணத்தன்னிக்கு மண்டபத்துக்குள்ள பிரஷ் கொண்டு வராதீங்க" என்றும் சொன்னார். என் மனைவியும் பேசிவிட்டாள். அதை எழுதக் காகிதம் போதாது.

நோட்டில் அவள் பக்கத்தில் எண் எழுதும் இடத்தை அப்படியே விட்டுவிட்டேன். நீ என்ன நிறத்தில் வருகிறாய் என்று மட்டும் முன்கூட்டியே எழுதிவிடு. வாளியில் இன்னும் பன்னிரண்டு லிட்டர் இருக்கிறது. மாடியறைச் சுவரை நினைத்தால் கை சும்மா இருக்கமாட்டேன் என்கிறது.