பூட்டு அண்ணாச்சியின் முன்கதவு

மராத்தி ஊரான சிஞ்ச்வட்டில் தன் வீட்டுக்குள்ளேயே திருடனைப் போல நுழைந்த ஆள் ஒருத்தர்தான். எங்கள் பூட்டு அண்ணாச்சி.

லைன் வீடு. ஆளுக்கு ஒரு அறை, முன்னால் ஒரு கதவு, பின்னால் ஒரு கதவு. அண்ணாச்சி முன்கதவில் தேங்காய் அளவுக்கு ஒரு பூட்டு எப்போதும் தொங்கும். போவதும் வருவதும் பின்பக்கம், சாக்கடையைத் தாண்டி. திருநெல்வேலிப் பக்கத்துக்காரர். லேத் பட்டறையில் வேலை. குடும்பம் கிடையாது.

நான் அடுத்த அறைக்குக் குடிவந்த முதல் வாரம், பூட்டின வீட்டுக்குள் கருவாடு வறுக்கிற வாசனை. திருடன் சமைத்துச் சாப்பிடுகிறான் என்று நாலு பேரைக் கூட்டிக்கொண்டு பின்பக்கம் போனேன். அண்ணாச்சி தட்டோடு உட்கார்ந்திருந்தார்.

"யாரு வேணும்?"

"திருடன்."

"இங்க இல்ல," என்றுவிட்டு அடுத்த வாய் சோற்றுக்குப் போய்விட்டார்.

ஒரு தீபாவளிக்கு, கம்பெனியில் எனக்குக் கொடுத்த ஸ்வீட் டப்பாவைப் பையோடு அந்தப் பூட்டில் மாட்டிவிட்டு வந்தேன். அவர் முன்பக்கம் வந்தால்தானே. நாலு நாளில் எறும்பு தின்று முடித்தது.

நானும் தனி ஆள்தான். எங்களுக்குள் பேச்சு கிடையாது. காலையில் குழாயில் தண்ணீர் வந்தால் சுவரில் ஒரு தட்டு. பதினோரு வருஷம் அவ்வளவுதான்.

ஒரு நாள் பகலில் கோர்ட் அமீனா இரண்டு ஆட்களோடு வந்து பூட்டை உடைத்தார். நானும் போய் நின்றேன். கதவு திறந்தால் உள்ளே அண்ணாச்சி. அதே தட்டு, அதே கருவாடு. அமீனா இரண்டடி பின்னால் போனார்.

"அரே, உள்ளேதான் இருந்தீங்களா? உடைக்கிற சத்தம் கேட்கலையா?" என்றார் இந்தியில்.

"கேட்டுச்சு. பக்கத்து வீட்டுக்கு யாரோ வந்திருக்காங்கன்னு நெனச்சேன். உட்காருங்க, டீ போடுதேன்."

முன்கதவு வழியாக அவர் வீட்டுக்கு வந்த முதல் விருந்தாளி அந்த அமீனாதான்.

டீ குடித்துக்கொண்டே அமீனா விஷயத்தைச் சொன்னார். டிவி விற்ற கடைக்காரர், தவணை பாக்கி என்று கேஸ் போட்டிருக்கிறார். சம்மன் கொண்டுவந்தவர்கள் பூட்டைப் பார்த்துத் திரும்பியிருக்கிறார்கள். கடைசியில் கதவிலேயே ஒட்டிவிட்டார்கள். அண்ணாச்சி கோர்ட்டுக்கு வராததால், கடைக்காரர் சொன்னதை மட்டும் கேட்டுத் தீர்ப்பு ஆகிவிட்டது.

"எல்லாத் தவணையும் கட்டியாச்சே," என்றார் அண்ணாச்சி. பிஸ்கட் டப்பாவில் ரசீது ஒன்று விடாமல் இருந்தது.

"என்கிட்ட காட்டி என்ன? முப்பது நாளைக்குள்ள மனு போட்டு முதல்ல தீர்ப்பை ரத்து பண்ணுங்க."

குடித்த கிளாஸைக் கழுவி வைத்துவிட்டு, டிவியைத் தூக்கிக்கொண்டு போனார். அந்த வீட்டில் பேசுகிறது அது ஒன்றுதான். மறுநாள் சுவருக்கு அந்தப் பக்கம் சத்தமே இல்லை.

வக்கீல் வைத்து மனு போட்டு, லோக்கல் ரயில் பிடித்து சிவாஜிநகர் கோர்ட்டுக்குப் போனோம். நான் சாட்சி.

கடைக்காரரின் வக்கீல் எழுந்தார். "உள்ளே ஆள், வெளியே பூட்டு. சம்மனை ஏய்க்கப் போட்ட பூட்டு இது."

எனக்கே நியாயமாகத்தான் பட்டது.

எதற்குப் பூட்டு என்று ஜட்ஜ் கேட்டார். அண்ணாச்சி தன் பட்டறை இந்தியில் சொன்னார். தமிழில் இப்படி வரும்.

"கதவு சும்மா கிடந்து யாரும் வரலன்னா, நமக்கு யாரும் இல்லன்னு ஆயிரும். பூட்டு தொங்குனா, யாரோ வந்து, ஆள் இல்லன்னு திரும்பிப் போயிருப்பாங்கன்னு நெனச்சுக்கிடலாம்லா."

டைப் அடிக்கிறவர் கை நின்றது.

அடுத்து என்னைக் கூப்பிட்டார்கள்.

"அந்தப் பூட்டு எத்தனை வருஷமா இருக்கு?"

"நான் வந்து பதினோரு வருஷம். அன்னைக்கே தொங்குச்சு."

டிவி வாங்கியே மூன்று வருஷம்தான். எங்கள் வக்கீல் அதைச் சொல்லிவிட்டு உட்கார்ந்தார்.

"ஒட்டின காகிதத்தைப் பார்த்தீங்களா?" என்றார் ஜட்ஜ்.

"பார்த்தேன். மராத்தி படிக்கத் தெரியாது."

"அவர்கிட்ட சொல்லியிருக்கலாமே. பக்கத்து வீடுதானே?"

"பக்கத்து வீடுதான்."



தீர்ப்பு ரத்தானது. டிவி திரும்பி வந்தது. கேஸ் மறுபடி நடந்தபோது ரசீதைக் காட்டினோம், முடிந்தது. ரத்து பண்ணின அன்றே ஜட்ஜ் ஒன்று சொல்லியிருந்தார். இனிமேல் பூட்டு வேண்டாம்.

அண்ணாச்சி சொன்ன பேச்சு கேட்டார். கதவு சும்மா கிடந்தது. ஒரு ஞாயிறு பார்த்தேன், யாரும் வரவில்லை. அடுத்த ஞாயிறும் வரவில்லை. மூன்றாவது ஞாயிறு நான் சட்டையைப் போட்டுக்கொண்டு, நாலடி நடந்து, அந்தக் கதவைத் தட்டினேன்.

"தண்ணி வந்துட்டா?"

"இல்ல. சும்மா வந்தேன்."

கதவை முழுக்கத் திறந்தார். "சும்மாவா," என்றார். அப்புறம் டீ போட்டார்.

சர்க்கரை அள்ளிப் போடுவார். ஆறு வருஷம் ஞாயிறு தவறாமல் குடித்தேன்.

அவர் காலமாகி, அந்த அறைக்கு வேறு ஆள் வந்தாகிவிட்டது. ஞாயிற்றுக்கிழமை காலையில் இப்போதும் சட்டையைப் போட்டுவிடுகிறேன். பொத்தான் போடும்போதுதான் ஞாபகம் வருகிறது.