சக்கர மாமி

மயிலாப்பூரில் அந்த நாளில் சக்கரங்களைப் பற்றி முழுக்கத் தெரிந்தவர்கள் இரண்டே பேர். ஒருவர் உலகத்தைச் சுழற்றிக்கொண்டிருக்கும் ஆண்டவன். இன்னொருவர் எங்கள் தெருச் சக்கர மாமி. இருவருக்கும் கருத்து வேற்றுமை வந்தால், பாவமானாலும் பரவாயில்லை என்று நான் மாமி பக்கம்தான் நின்றிருப்பேன்.

மாமியின் சொந்தப் பெயர் எனக்குத் தெரியாது. ஒன்பது கஜப் புடவை, மூக்கில் பேசரி, எதைப் பார்த்தாலும் இடது கண்ணைச் சுருக்கிக்கொள்ளும் பழக்கம். இவ்வளவுதான் அடையாளம். கணவர் ஒரு கம்பெனியில் டைப்பிஸ்ட். டைப் அடிக்கும் சத்தம் போதும் என்று வாயைத் திறப்பதை விட்டுவிட்ட மனிதர். அவர்கள் வீட்டில் கார் கிடையாது. சைக்கிள்கூடக் கிடையாது. குழந்தை பிடித்து நடக்கும் நடைவண்டியாவது இருந்ததா என்றால் அதுவும் இல்லை.

யுத்த காலத்தில் சர்க்கரைக்கு ரேஷன் அல்லவா? தெருவுக்குப் புதிதாகக் குடிவந்தவர்கள் 'சக்கர மாமி' என்ற பெயரைக் கேட்டதும் டம்ளரோடு வந்து நிற்பார்கள். மாமி சிரிக்காமல் சொல்வாள்: "சக்கரை இல்லேடி. ஆனா உங்காத்து வாசல்ல ஒரு வில்வண்டி நிக்கறதே, அதோட வலது சக்கரம் அரை விரல் ஆடறது. மொதல்ல அதைப் பாரு, காப்பியை அப்பறம் பாத்துக்கலாம்."

மாமிக்கு இரண்டு பொருள் ஒன்றோடு ஒன்று பொருந்தாமல் இருந்தால் தாங்காது. அதுதான் வியாதி என்றாலும் சரி, வித்தை என்றாலும் சரி. கல்யாண வீட்டுக்குப் போனால் நேரே சமையல்கட்டுக்குள் நுழைந்து எல்லாப் பாத்திரங்களின் மூடிகளையும் மாற்றி வைத்துவிட்டுத்தான் பந்தியில் உட்காருவாள். ஒரு டாக்டரின் டிரைவர் தெருவில் பஞ்சரான சக்கரத்தை மாற்றிக்கொண்டிருந்தபோது, மாமி வாசலிலிருந்தே, "அது கோணலா உக்காந்திருக்குப்பா" என்றாளாம். "நீங்க உள்ளே போங்க மாமி" என்றானாம் அவன். லஸ் முனையில் சக்கரம் கழன்று ஒரு பூக்கடைக்குள் போய் உட்கார்ந்தது. அன்று முதல் அந்த டிரைவர் எங்கள் தெருவில் திரும்பும்போதெல்லாம் வண்டியை நிறுத்தி, மாமி தலையாட்டிய பிறகுதான் போவான்.

இதெல்லாம் காதால் கேட்டது. கண்ணால் பார்க்கும் பாக்கியம் எங்கள் வீட்டுக் கார் மூலம் வந்தது.

ஜப்பான்காரன் குண்டு போடப்போகிறான் என்று பட்டணமே பெட்டி கட்டியபோது நாங்களும் தஞ்சாவூர்ப் பக்கம் போனோம். திரும்பி வந்து பார்த்தால், கொட்டகையில் விட்டுப்போன காரின் வலது பக்கத்துச் சக்கரங்கள் இரண்டும் ஸ்டெப்னியும் காணோம். டயர் தங்கம் மாதிரி இருந்த காலம். இடது பக்கம் சுவரை ஒட்டி நின்றதால் திருடனின் கை நுழையவில்லை போலிருக்கிறது. அந்த இரண்டும் தப்பின. கம்பெனி ஏஜெண்டைக் கேட்டால், "யுத்தம் முடியட்டும்" என்றார். வண்டியைச் செங்கல் மேல் ஏற்றி வைத்தோம்.

இதற்கிடையில் அப்பாவுக்குப் பக்கவாதம் வந்து வலது கையும் காலும் விழுந்துவிட்டன. ஹெட்மாஸ்டராக இருந்து ஓய்வு பெற்றவர். தினமும் சாயங்காலம் அடையாறு கடற்கரைக்குக் காரில் போய் வருவதுதான் அவருடைய ஒரே ஆடம்பரம். அதுவும் போயிற்று. ஆனால் மனிதர் விடவில்லை. ஐந்து மணிக்கு அங்கவஸ்திரம் போட்டுக்கொண்டு, என் தோளைப் பிடித்துக்கொண்டு வந்து, செங்கல் மேல் நிற்கும் காரின் பின் சீட்டில் உட்கார்ந்துவிடுவார். ஒரு மணி நேரம் கழித்துக் குழறும் நாக்கால் சொல்வார்: "டேய் ராஜு, இன்னிக்குக் காத்து நன்னா இருந்தது. பாலத்துலதான் கொஞ்சம் கூட்டம்."

முதலில் சிரித்தேன். பிறகு சிரிக்க முடியவில்லை.

யுத்தம் முடிந்ததும் இரண்டு சக்கரம் வாங்கிவிடுவது என்று கிளம்பினேன். எனக்குத் தெரிந்த மெக்கானிக் தியாகராய நகரில் இருந்தான். "போல்ட் மாட்ட ஓட்டை அஞ்சு இருந்தாப் போதுமா?" என்று கேட்டேன்.

"இன்னா சார், சக்கரம்னா சக்கரம்தான். உருளுதா இல்லியா? அவ்ளோதான்" என்று ஒரு ஜோடியைக் கொண்டுவந்தான். ஓட்டைகள் ஐந்துதான். ஆனால் எங்கள் வண்டியின் போல்ட்டுகளில் அது ஏறவில்லை. அதற்காக அவன் மனம் தளரவில்லை. அரத்தை எடுத்து அரைநாள் ஓட்டைகளை ராவினான். பலாக்கொட்டை மாதிரி நீண்டுபோன ஓட்டைகளில் நட்டுகளை முறுக்கி, "எங்கே வேணா போலாம் சார், பெங்களூரே போலாம்" என்றான்.

அப்பாவை உட்காரவைத்துக்கொண்டு கிளம்பினேன். பெங்களூர் இருக்கட்டும், தெருவின் பாதியைக்கூடத் தாண்டவில்லை. முன் சக்கரம் கள் குடித்தவன் மாதிரி தள்ளாடியது. பிறகு எங்களை விட்டுவிட்டுத் தானாக முன்னே ஓடியது. கார் மூக்கால் மண்ணை உழுதுகொண்டு நின்றது. நான் திரும்பிப் பார்த்தேன். அப்பா கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, "பரவாயில்லைடா. இத்தனை தூரமாவது நெஜமா வந்தோமே" என்றார்.

ஓடிய சக்கரம் மோதி நின்றது மாமி வீட்டு வாசற்படியில். மாமி அதைக் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அஞ்சு ஓட்டையையும் அரம் போட்டு ராவியிருக்கான். எந்தப் பாவிடா அம்பி இவன்?"

"மெக்கானிக், மாமி..."

"மெக்கானிக்கா? செருப்பு கடிக்கறதுன்னா காலைச் செதுக்கற ஆசாமி அவன்!" என்றாள். பிறகு காரின் ஜன்னலருகே போய்க் குரலைத் தணித்துக்கொண்டு, "மாமா, அடி ஒண்ணும் படலையே?" என்றாள். அப்பா தலையசைத்தார். "தினம் சாயங்காலம் கொட்டகையில உக்காந்திண்டிருக்கேளே, பாத்திருக்கேன். எதுவரைக்கும் போயிட்டு வரேள்?"

வெளியாரிடம் நாக்குக் குழறும் என்று வெட்கப்பட்டுப் பேசாமலே இருந்த அப்பா, "பீச்சு வரைக்கும்" என்றார்.

மாமி இடது கண்ணைச் சுருக்கிக் காரின் வலது பக்கத்தைப் பார்த்தாள். பிறகு உள்ளே போனாள். வரும்போது கையில் கணவர் சாப்பிட உட்காரும் மணை.

காரைத் தள்ளிக்கொண்டுபோய் மறுபடி செங்கல் மேல் ஏற்றினோம். மாமி குங்குமத்தை எண்ணெயில் குழைத்து ஐந்து போல்ட்டுகளின் முனையிலும் தடவினாள். மணையை அவற்றின் மேல் வைத்து அழுத்தி எடுத்தாள். மணையில் ஐந்து சிவப்புப் புள்ளிகள். அவற்றை ஒன்றுவிட்டு ஒன்று கோட்டால் இணைத்தாள். நட்சத்திரக் கோலம் வந்தது. துடைப்பத்திலிருந்து ஓர் ஈர்க்குச்சியை உருவி ஐந்து கோடுகளையும் அளந்தாள்.

"மூணு கோடு ஒரே நீளம். இந்தப் புள்ளிக்கு வர ரெண்டு மட்டும் ஒத்துப்போகலை. இந்த போல்ட் வளைஞ்சிருக்கு, மாத்தச் சொல்லு."

கூப்பிட்டனுப்பிய மெக்கானிக் வந்து பார்த்தான். நெல்மணி அளவு வளைந்திருந்தது. அவன் என்னைப் பார்த்தான், மாமியைப் பார்த்தான், போல்ட்டை மாற்றினான்.

மாமி மறுபடி புள்ளி எடுத்து, தச்சனிடம் கொடுத்து மணையில் துளை போடச் சொன்னாள். ஐந்து போல்ட்டுக்கு ஐந்து துளை, நடுவில் புடைத்திருக்கும் கொண்டைக்கு ஒரு பெரிய துளை. பிறகு இடது பக்கத்து நல்ல சக்கரம் ஒன்றைக் கழற்றவைத்து, போல்ட் உட்காரும் இடத்திலிருந்து விளிம்பு உள்ளே எவ்வளவு போகிறது, வெளியே எவ்வளவு வருகிறது என்று இரண்டு ஈர்க்குச்சிகளை ஒடித்துக்கொண்டாள். "இது நீண்டா உள்ளே ஸ்பிரிங் வில்லுல இடிக்கும். அது நீண்டா வெளியே மட்கார்டுல உரசும்." கடைசியில் ஒரு நட்டைத் தலைப்பில் முடிந்துகொண்டாள். மாமியின் கணவர் அன்று முதல் வெறுந்தரையில் உட்கார்ந்து சாப்பிட்டார். அதற்கும் அவர் வாயைத் திறக்கவில்லை.

மறுநாள் மாமியும் நானும் சைதாப்பேட்டைக்குப் பஸ் ஏறினோம். அங்கே ஆற்றுக்கு அந்தண்டை ஒரு பாய், பட்டாளத்தார் கழித்துவிட்ட சாமான்களை ஏலத்தில் எடுத்துக் குவித்து வைத்திருந்தார். பஸ் கண்டக்டர் மணையைப் பார்த்துவிட்டு, "இன்னா மாமி, கண்ணாலமா? மணையோட கெளம்பிட்டீங்க?" என்றான்.

"ஆமாம்பா. ரெட்டைப் பொண்ணு. பொருத்தமா ரெண்டு மாப்பிள்ளை பாக்கப் போயிண்டிருக்கேன்."

கிடங்கில் சக்கரங்கள் மலை மாதிரி கிடந்தன. பாய் வாயில் வெற்றிலையோடு எழுந்து வந்தார். "அல்லாம் மிலிட்டரி சரக்கும்மா. கண்ணை மூடிக்கினு எடுத்துக்கினு போலாம்."

"கண்ணை மூடிண்டு எடுத்ததுதான் நேத்திக்கு எங்காத்து வாசல்ல வந்து முட்டித்து" என்று மாமி புடவையைச் செருகிக்கொண்டு மலையேறினாள்.

நான் பார்த்தவற்றில் அதற்கு ஈடாக ஒன்றைச் சொல்ல எனக்குத் தெரியவில்லை. தூரத்தில் நின்று இடது கண்ணைச் சுருக்குவாள். "அது ஆறு ஓட்டை, அது நாலு, அது அஞ்சுதான், ஆனா வட்டம் பெரிசு" என்று பத்துப் பன்னிரண்டை ஒரே மூச்சில் தள்ளுவாள். மிச்சமிருப்பதில் மணையை வைப்பாள். துளைக்குத் துளை சரியாக வந்தால் ஈர்க்குச்சி. ஈர்க்குச்சியும் ஒத்துக்கொண்டால் தலைப்பிலிருந்து நட்டை அவிழ்த்து ஓட்டையில் வைத்து அசைத்துப் பார்ப்பாள். பாய் முதலில் கைகட்டிச் சிரித்துக்கொண்டு நின்றார். பிறகு ஒரு ஸ்டூல் கொண்டுவந்து போட்டார். பிறகு குடை பிடித்தார். பன்னிரண்டு மணிக்குக் குடையை என்னிடம் கொடுத்துவிட்டுத் தானே சக்கரங்களைப் புரட்டிக் கொடுக்க ஆரம்பித்தார். வெற்றிலையை எப்போது துப்பினார் என்று தெரியாது.

ஒரு ஜோடி எல்லாவற்றிலும் தேறியது. நான் குதித்துவிட்டேன். மாமி நட்டை வைத்து அசைத்தாள். "ஆடறது" என்றாள்.

"நூல் அளவுதாம்மா கீது!" என்றார் பாய்.

"நூல் அளவு போதும் பாய், ஒரு மனுஷர் உசிர் போறதுக்கு."

எனக்கு வெயில் தலைக்கேறியிருந்தது. "போதும் மாமி, இதையே எடுத்துக்கலாம். அப்பா மெதுவாத்தானே போகப்போறார்" என்று சொல்லிவிட்டேன்.

மாமி என்னை முறைத்த முறைப்பு இன்னும் உறைக்கிறது. "அவர் ஒண்ணரை வருஷமா நிக்கற வண்டியில பீச்சுக்குப் போயிண்டிருக்கார்டா. ஓடற வண்டியில போறச்சே வழியில நிறுத்தச் சொல்றயா?"

பாய்க்குப் புரியவில்லை. "நிக்கிற வண்டில எப்படிம்மா போறது?" என்றார். மாமி சொன்னாள். கொட்டகை, செங்கல், அங்கவஸ்திரம், பாலத்துக் கூட்டம், எல்லாம். பாய் தொப்பியை எடுத்துவிட்டுத் தலையைத் தடவிக்கொண்டார்.

அப்போதுதான் மாமியின் கண் பின்சுவரோரம் போயிற்று. அங்கே பட்டாளத்துச் சின்ன வேன் ஒன்று நிழலில் நின்றது. உள்ளே விரித்த கோரைப்பாய், டீக் கெட்டில், தலையணை, கணக்குப் புத்தகம். "பாய், அந்த வண்டியோட மூஞ்சி எங்க வண்டி மூஞ்சி மாதிரியே இருக்கே. ஒரே கம்பெனிப் பொறப்பு. சக்கரத்தைக் கொஞ்சம் கழட்டறேளா?"

"அரே, அது என் ஆபீசும்மா! விக்கிறதுக்கில்லே."

மாமி மணையை நீட்டினாள். பாய் வேனைப் பார்த்தார், மணையைப் பார்த்தார். பிறகு தானே போய் ஜாக்கி எடுத்துவந்து ஒரு சக்கரத்தைக் கழற்றினார். மணை அதன் மேல் 'டக்'கென்று உட்கார்ந்தது. ஈர்க்குச்சிகள் இரண்டும் பொருந்தின. நட்டு வைத்த இடத்தில் சிலை மாதிரி நின்றது.

"பொருத்தம்" என்றாள் மாமி.

"யா அல்லா!" என்றார் பாய். அடுத்த நிமிஷம் இரண்டாவது சக்கரத்தையும் கழற்றத் தொடங்கினார். "நம்ப ஆபீஸ் எங்கேயும் போறதில்லே. செங்கல் மேலயே நிக்கட்டும். பெரியவர் போய்ட்டு வரட்டும்."

மெக்கானிக்தான் மாட்டினான். அவன் பக்கத்துப் பக்கத்து நட்டாக முறுக்கப்போக, மாமி கையைத் தட்டிவிட்டாள். "கோலத்துல கோடு போற வரிசையில போடு. ஒண்ணுவிட்டு ஒண்ணு. அப்பத்தான் நேரா உக்காரும்." அதற்குப் பிறகு தன்னிடம் வேலை கற்றவர்களுக்கெல்லாம் இதை அவன் தன் சொந்த ரகசியமாகச் சொல்லிக்கொடுத்தான் என்று கேள்வி.

இடது பக்கம் கறுப்புச் சக்கரம், வலது பக்கம் பட்டாளத்துப் பச்சைச் சக்கரம். அந்தக் கோலத்தில் எங்கள் கார் அன்று சாயங்காலம் புறப்பட்டது. மாமியை ஏறச் சொன்னேன். "எனக்குக் கார் ஒத்துக்காதுடா, வயத்தைப் புரட்டும்" என்று ஒரேயடியாக மறுத்துவிட்டாள்.

பாலத்தில் உண்மையாகவே கூட்டம் இருந்தது. கடற்கரையில் அப்பா கதவைத் திறக்கச் சொல்லி, உட்கார்ந்தபடியே காற்று வாங்கினார். அங்கவஸ்திரம் பறந்து முகத்தில் விழுந்தது. அதை எடுத்துவிடக்கூட இல்லை. அரைமணி கழித்து, "போலாமாப்பா?" என்றேன். "இரேன்டா" என்றார். அவ்வளவுதான் பேச்சு.

திரும்பும்போது தெருமுனையிலேயே மாமி காத்துக்கொண்டிருந்தாள். வண்டி நின்றதும் புறங்கையால் நான்கு சக்கரங்களின் நடுவையும் தொட்டுப் பார்த்தாள். "சூடு இல்லை. உரசலும் இல்லை" என்றாள். அப்பா ஜன்னல் வழியாக இடது கையை நெற்றிவரை உயர்த்தி அவளுக்கு ஒரு நமஸ்காரம் செய்தார். எதற்கும் அசராத மாமி, ஏதோ நட்டைப் பார்ப்பவள் மாதிரி சட்டென்று குனிந்துகொண்டாள். நெடுநேரம் நிமிரவில்லை.

இரண்டு வருஷம் அப்பா ஒரு நாள் தவறாமல் போய் வந்தார். அவர் காலமான மறுவருஷம் மாமியின் கணவருக்கு நாக்பூருக்கு மாற்றலாயிற்று, மாமியும் போய்விட்டாள். விலாசம் கேட்டு வாங்கத் தோன்றவில்லை. நாக்பூரில் ஏதோ ஒரு தெருவில் இப்போது எல்லா வண்டிகளும் ஆடாமல் ஓடிக்கொண்டிருக்கும். அந்தத் தெருக்காரர்கள் மேல் எனக்குக் கொஞ்சம் பொறாமை.