அப்பாவின் காதுக்குள் ஒருத்தி

என் அப்பா சத்தியம் செய்தால் தெருவுக்கே கேட்கும். மெதுவாகச் சத்தியம் செய்ய அவருக்கு வராது. அன்றைக்கும் முற்றத்துக் குழாயடியில் நின்று, வாயிலிருந்த பல்குச்சியை எடுத்துவிட்டு முழங்கினார்.

“ரோங்கே கல்யாணத்துக்கு நான் வரமாட்டேன். வந்தா என் பேரு பாடெபோ இல்ல!”

ரோங்கே என் சித்தி. அம்மாவின் கடைசித் தங்கை. சித்திமேல் அப்பாவுக்கு ஒரு கோபமும் கிடையாது. கல்யாணத்தை முன்நின்று நடத்துகிற சூன்மோலா மாமாமேல்தான் கோபம். மாமா, அம்மாவுக்கு அண்ணன். போன வருஷம் சொந்தத்தில் ஒரு குழந்தைக்குப் பேர் வைத்தார்கள். பந்தியை மாமாதான் கவனித்தார். அப்பாவை ஜெனரேட்டருக்குப் பக்கத்தில் உட்காரவைத்துவிட்டார். எல்லார் சோற்றிலும் இறைச்சி இருந்தது. அப்பா சோற்றில் அரை முட்டை இருந்தது. அப்பா இறைச்சி கேட்டுக் கத்தினார். ஜெனரேட்டர் அவரைவிட நன்றாகக் கத்தியது. அவ்வளவுதான் சண்டை. ராஜாக்கள் இதைவிடப் பெரிய காரணத்துக்குச் சமாதானமாகப் போயிருக்கிறார்கள்.

எனக்குப் பள்ளிக்கூடம் முடிந்துவிட்டது. பல்கலைக்கழகப் பரீட்சையின் முடிவு இன்னும் வரவில்லை. அது வரும்வரை இந்த இரண்டு பேரையும் பார்த்துக்கொண்டிருப்பதுதான் என் வேலை. சம்பளம் கிடையாது.

அம்மாவுக்கு இது விளையாட்டு இல்லை. எங்கள் லாகோஸ் கல்யாணங்களில் பெண்வீட்டார் முழுக்க ஒரே துணியில் வருவார்கள். இந்தத் தடவை வெங்காயத்தோல் நிறம். ஜோடி ஜோடியாக உட்காருவார்கள். அம்மாவுக்குப் பக்கத்து நாற்காலி காலியாக இருந்தால், சோறு வருவதற்குள் அவளுக்கு விவாகரத்தே ஆகிவிடும். பெரியம்மாக்களும் சின்னம்மாக்களும் விசிறியை ஆட்டிக்கொண்டே தீர்ப்பு எழுதிவிடுவார்கள். அது அவளுக்குத் தெரியும். அதனால் இறங்கித்தான் கேட்டாள்.

“அபேனி அப்பா, எனக்காக ஒரு மணி நேரம் தலையக் காட்டிட்டுப் போகக் கூடாதா?”

அபேனி நான்தான்.

“எந்தச் சர்ச்சு, எத்தன மணி, எதுவும் என் காதுல விழக் கூடாது. விழுந்தா காதைக் கழுவிப்பேன்.”

“துணியாவது தைச்சு வைக்கட்டுமா?”

“வெங்காயத்தோல உரிச்சுக் குப்பையில போடுவாங்க. மேல போட்டுக்க மாட்டாங்க.”

அழைப்பிதழை அவர் தொடக்கூட இல்லை. அது கூடத்து மேஜையில் கிடந்தவரை கண்ணை மூடிக்கொண்டேதான் அந்தப் பக்கம் நடந்தார். முழங்காலில் இரண்டு இடத்தில் சிராய்ப்பு. கொள்கை என்று வந்துவிட்டால் அடிபடத்தான் செய்யும்.

அப்புறம் அவருக்கு ஒரு யோசனை வந்தது. எங்கள் வீட்டில் இது மழைக்காலத்தில் மின்சாரம் வருகிற மாதிரி. வந்தால் எல்லாரும் கைதட்ட வேண்டும்.

அலுவலகத்தில் யாரோ அவர் போனில் ஒரு நடைப்பயணத்தை ஏற்றிக் கொடுத்திருந்தார். பாலத்தைத் தாண்டி லாகோஸ் தீவுக்குப் போய், பழைய நகர மையத்தை நடந்தே சுற்றிப் பார்ப்பது. கூட வழிகாட்டி கிடையாது. இயர்போனை மாட்டிக்கொண்டால் ஒரு பெண்குரல் வழி சொல்லும். நேராகப் போங்கள் என்னும். நில்லுங்கள் என்னும். இந்தக் கட்டடத்தைக் கட்டினது யார் தெரியுமா என்னும்.

“சனிக்கிழமை முழுக்க நான் தீவுல இருப்பேன். பொறந்து வளந்த ஊரோட சரித்திரம் தெரியாம ஒரு மனுஷன் இருக்கலாமா?” என்றார் அப்பா.

“கல்யாணமும் சனிக்கிழமைதான்,” என்றேன்.

“அப்படியா? எனக்குத் தெரியாதே!”

நடிக்கத் தெரியாதவர்கள் நடிக்கக் கூடாது.

ஞாயிற்றுக்கிழமை மதியம் சாய்வு நாற்காலியில் படுத்துக்கொண்டு, அந்தக் குரலை வீடு முழுக்கக் கேட்கும்படி ஓடவிட்டார். அம்மா வயிற்றெரிச்சல் படட்டும் என்றுதான். மூன்றாவது நிறுத்தம் வருவதற்குள் அப்பா குறட்டை விட்டார். அம்மா பயறு பொறுக்கிக்கொண்டே கடைசிவரை கேட்டாள். முடிந்ததும் போனை நிறுத்திவிட்டு அப்பாவுக்கு ஒரு துணியைப் போர்த்திவிட்டாள்.

“பாவம், தூங்கட்டும்,” என்றாள்.

அம்மா அப்பாவைப் பாவம் என்று சொன்னால் நான் கவலைப்பட ஆரம்பித்துவிடுவேன். அப்பா ஆரம்பிப்பதில்லை. அதுதான் அவரிடம் உள்ள குறை.

வெள்ளிக்கிழமை அம்மா அறிவித்தாள். “நீங்க வரலேன்னா நானும் போகல. தனியா உக்காந்து எல்லார்கிட்டயும் வாங்கிக் கட்டிக்கிறதுக்கு, உங்ககூடவே நடந்துடறேன். அபேனியும் வரட்டும்.”

அப்பா முற்றத்தில் ஒரு சுற்று ஆடினார். உண்மையாகவே ஆடினார். பக்கத்து வீட்டுக்காரரைக் கூப்பிட்டு, “பாத்தீங்களா ஐயா, வீட்டுல பேச்சுன்னா ஒரே பேச்சு! அது என் பேச்சு!” என்றார்.

சனிக்கிழமை மஞ்சள் பஸ்ஸில் நெருக்கியடித்துப் போய் இறங்கினோம். இறங்கினதுமே தகராறு. போனை எங்கே வைப்பது? எங்கள் நகர மையத்தில் போனைக் கையில் பிடித்துக்கொண்டு நடப்பதும், ‘எடுத்துக்கொள்ளவும்’ என்று கழுத்தில் அட்டை மாட்டிக்கொண்டு நடப்பதும் ஒன்றுதான்.

“பாக்கெட்டுல வைங்களேன்,” என்றாள் அம்மா.

“பிளேடு போட்டுருவான்.”

“காலுறைக்குள்ள?”

“செருப்புல வந்திருக்கேன்.”

“அப்ப வீட்டுக்குப் போயிடலாம்.”

அப்பா யோசித்தார். இந்த ஊரில் போனுக்கும் பணத்துக்கும் ஒரே ஒரு பத்திரமான இடம்தான் உண்டு. எல்லா அம்மாக்களின் சட்டைக்குள்ளேயும், நெஞ்சோடு ஒட்டி, அது இருக்கிறது. எந்த வங்கியும் பக்கத்தில் வர முடியாது. அப்பா தானே போனை எடுத்து அம்மாவிடம் நீட்டினார். இதை எழுதிவைக்கிறேன்: தானே நீட்டினார். அவள் கேட்கவில்லை.

அம்மா போனை உள்ளே செருகிக்கொண்டாள். “இனிமே நிறுத்து, மாத்துன்னு கேக்கக் கூடாது. நடுத்தெருவுல நான் எடுக்க மாட்டேன்.”

“எதுக்கு எடுக்கணும்? நான் முன்னால போறேன். நீங்க ரெண்டு பேரும் பின்னால வாங்க,” என்றார் தலைவர்.

தலைவர் பத்து எட்டு வைத்தார். குரல் நின்றுவிட்டது. அது கம்பி இல்லாத இயர்போன். போனைவிட்டு விலகினால் செத்துவிடும். ஓடி வந்தார். குரல் வந்தது. இதற்குள் கடற்கரைச் சாலையில் ஒரு வெள்ளைக்கார ஆளுநர் கப்பலைவிட்டு இறங்கினதைக் கேட்டிருந்தார், ஏன் இறங்கினான் என்பது போய்விட்டது.

“பரவாயில்ல. அவன் யார்கிட்டயாவது சொல்லிட்டா எறங்குனான்?” என்றாள் அம்மா.

அதற்குப் பிறகு தலைவர் பின்னால் நடந்தார். கம்பி இல்லாமலே ஒரு ஆளைக் கட்டி இழுக்க முடியும் என்று அன்றைக்குத்தான் பார்த்தேன்.

“எடப்பக்கம் திரும்பணுமாம்,” என்றார் அப்பா.

“யாரு சொன்னா?”

“இவதான். காதுக்குள்ள.”

“கல்யாணமான நாளா நான் சொல்லி நீங்க ஒரு தடவ திரும்பினதில்ல.”

“இவ ‘தயவுசெய்து’ன்னு சொல்றா.”

“தயவுசெய்து வாய மூடிட்டுத் திரும்புங்க.”

நீரூற்றுச் சதுக்கத்தில் அப்பா கையைக் கட்டிக்கொண்டு நின்றார். குரல் அண்ணாந்து பார்க்கச் சொன்னால் அண்ணாந்தார். குனியச் சொன்னால் குனிந்தார். சுற்றிலும் தக்காளி விற்கிறவர்களும் கைவண்டி தள்ளுகிறவர்களும் இந்தக் கிறுக்கனுக்கு வழிவிட்டுப் போனார்கள். அப்பா அதை மரியாதை என்று நினைத்துக்கொண்டார்.

பாலோகுன் சந்தைக்குள் நுழைந்ததும் அம்மா சட்டென்று ஒரு சந்தில் மறைந்தாள். ஒரு ராணியின் கதை பாதியில் இருக்கும்போதே குரல் அறுந்தது.

“ராணி என்ன ஆனான்னு சொல்லல! எங்க போனா உங்கம்மா?”

மூன்று துணிமூட்டைகளைத் தாண்டிக் குதித்து ஓடினோம். அம்மா ஒரு தையல்கடையில் நின்றிருந்தாள். தையல்காரர் பெரிய பொட்டலம் ஒன்றைக் கொடுத்தார்.

“என்ன அது?” என்றார் அப்பா.

“துணி.”

“யாருக்கு?”

“ஒரு ஆளுக்கு. போற வழியில குடுக்கணும். கொஞ்சம் பிடிங்க. என் நெஞ்சு முழுக்க உங்க சரித்திரம் இருக்கு.”

அப்பா பொட்டலத்தை வாங்கித் தோளில் வைத்துக்கொண்டார். சுமையைவிட அவருக்கு ராணிதான் முக்கியம்.

பிரேசிலிலிருந்து திரும்பி வந்தவர்கள் கட்டின பழைய மாடிவீடுகளுக்குப் பக்கத்தில் அம்மாவுக்குக் கால் வலித்தது. மரத்தடியில் ஒரு சவரக்காரர் குடை விரித்திருந்தார். அங்கேயிருந்த பெஞ்சில் அம்மா உட்கார்ந்துவிட்டாள். குரலுக்கு எட்டுகிற தூரத்தில் மிச்சம் இருந்தது ஒரே நாற்காலி.

“உக்காருங்க ஐயா,” என்றார் சவரக்காரர், துண்டை உதறி.

“முடி வெட்டறதுக்கு இல்லப்பா. சரித்திரம் கேக்கறதுக்கு.”

“கேளுங்க. நான் காதைத் தொடமாட்டேன்.”

குரல் சன்னல் வேலைப்பாட்டைப் பற்றி விடாமல் பேசியது. அப்பா கண்ணை மூடிக் கேட்டார். முடிந்து கண்ணைத் திறந்தபோது தாடி இல்லை. கன்னம் பளபளவென்று இருந்தது.

“நான் வெட்டச் சொல்லவே இல்லையே!”

“வேண்டாம்னும் சொல்லலையே. இப்பத்தான் கல்யாண மாப்ள மாதிரி இருக்கீங்க,” என்றாள் அம்மா.

எழுந்திருக்கும்போது அம்மாவின் பழைய நீலத் துணி கொஞ்சம் விலகியது. அடியில் வேறொரு துணி. வெங்காயத்தோல் நிறம்.

“அம்மா, உள்ள...”

“அபேனி. நட.”

நடந்தேன். நான் உண்மை பேசுகிறவள்தான். ஆனால் சாயங்காலம் எனக்கும் சோறு வேண்டும்.

கடைசி நிறுத்தத்தை நோக்கித் திரும்பினபோது அப்பா சந்தோஷத்தின் உச்சியில் இருந்தார். “இந்நேரம் சூன்மோலா வாசல்ல நின்னு என்னைத் தேடிட்டிருப்பான். தேடட்டும்! இந்த ஊர்ல ரெண்டு கோடிப் பேரு. எங்கன்னு தேடுவான்?”

“ஆமா, பாவம்,” என்றாள் அம்மா.

“நேர்ல பாத்தாக்கூட குனிய மாட்டேன். தலையை ஆட்டக்கூட மாட்டேன்.”

“ஆட்டாதீங்க. அவ என்ன சொல்றான்னு கேளுங்க.”

அப்பா காதில் கையை வைத்தார். “முன்னால ஒரு இரும்புக் கேட்டு இருக்குமாம். உள்ள போகணுமாம். முற்றத்து நடுவுல நின்னு அண்ணாந்து பாத்தா, இந்தத் தீவுலயே அழகான கோபுரம் தெரியுமாம்.”

இரும்புக் கேட்டைத் தாண்டினார். முற்றத்து நடுவில் நின்றார். அண்ணாந்தார். வாய் தானாகத் திறந்தது. அந்தச் சர்ச்சுக் கோபுரம் நிஜமாகவே அழகுதான்.

“பயணம் இங்கே முடியுதாம். நன்றியாம்,” என்றார். பிறகு தலையை இறக்கினார்.

வெங்காயத்தோல். படிக்கட்டு முழுக்க வெங்காயத்தோல். பெரியம்மாக்கள், சின்னம்மாக்கள், அவர்களுடைய விசிறிகள். எல்லாருக்கும் முன்னால், மூன்று ஆள் அகலத்துக்கு அங்கி விரித்துக்கொண்டு, சூன்மோலா மாமா.

இங்கே ஒன்று சொல்ல வேண்டும். பெண்டாட்டியின் அண்ணன் எதிரே வந்து நின்றால் எங்கள் ஆண்கள் யோசிப்பதில்லை. பல் முளைப்பதற்கு முன்பே முழங்காலுக்குச் சொல்லிக் கொடுத்துவிடுகிறார்கள். அது தும்மல் மாதிரி. அடக்குவதற்குள் வந்துவிடும்.

அப்பாவுக்கு வந்துவிட்டது. பொட்டலம் ஒரு பக்கம் போக, நெடுஞ்சாண்கிடையாக விழுந்தார். நெஞ்சு தரையில். மூக்கு மாமாவின் செருப்பில்.

படிக்கட்டு முழுக்கக் குலவைச் சத்தம்.

“மாப்ளே!” மாமா குனிந்து அப்பாவின் தோளைப் பிடித்தார். “வரமாட்டேன்னு சத்தியம் பண்ணினதாச் சொன்னாங்க. எழுந்திரிங்க, எழுந்திரிங்க. வெயில்ல நடந்தேவா வந்தீங்க? இப்படி ஒரு மனுஷனப் போயி நான் தப்பா நெனச்சுட்டேனே!”

அப்பா முழங்காலிட்டு எழுந்த நேரம் பார்த்து அம்மா பொட்டலத்தைப் பிரித்தாள். பெரிய அங்கி. தலைவழியாகப் போட்டால் போதும், உடுத்தின துணியைக் கழற்ற வேண்டாம். போட்டாள். அளவு அச்சாக இருந்தது. அதற்குள் அவளுடைய நீலத் துணி என் கைக்கு வந்துவிட்டது. பொட்டலத்தின் அடியிலிருந்து எனக்கும் ஒரு தலைக்கட்டு வந்தது.

அங்கிக்குள்ளிருந்து அப்பாவின் தலை மெதுவாக வெளியே வந்தது.

“நீ எல்லாம் தெரிஞ்சேதான் என்னை இங்க கூட்டிட்டு வந்திருக்கே,” என்று பல்லைக் கடித்தார்.

“நான் எங்க கூட்டிட்டு வந்தேன்? காதுக்குள்ள ஒருத்திய வச்சுக்கிட்டு என்னையவா கேக்கறீங்க?”

பெரியம்மாக்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அம்மா அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு அவர்கள் பக்கம் திரும்பிச் சிரித்தாள். விசிறிகள் நின்றுவிட்டன.

அப்பா கேட்டைப் பார்த்தார். இன்னும் ஓடியிருக்கலாம். அப்போது போட்டோக்காரர் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தார்.

“ஐயா, மன்னிக்கணும். நீங்க விழுந்தப்ப வேற துணியில இருந்தீங்க. ஆல்பத்துல ஒட்டாது. இந்த அங்கியோட இன்னொரு தரம் விழ முடியுமா?”

அப்பா அம்மாவைப் பார்த்தார். மாமாவைப் பார்த்தார். கேமராவைப் பார்த்தார்.

“எந்தப் பக்கம் பாத்து விழணும்?” என்றார்.