இருநூற்று நாற்பதாவது தவணைக்குப் பிறகு

சவுரிபாளையம்,
கோயம்புத்தூர்.
4 பிப்ரவரி 2026

தாராபுரம் மிஷன் ஆஸ்பத்திரி நர்ஸ் குவார்ட்டர்ஸில் இருக்கும் என் அன்புத் தங்கை விமலாராணிக்கு, அண்ணன் ஞானாபரணம் ஆசீர்வாதத்துடன் எழுதுவது. மாதாவின் தயவால் இங்கே நானும் உன் அண்ணி டெய்சியும் மகன் கிளமென்ட்டும் சுகமாக இருக்கிறோம். சரியாகச் சொன்னால், சென்ற வியாழக்கிழமை காலை பத்தரை மணி வரைக்கும் சுகமாக இருந்தோம். உன் முழங்கால் வலி எப்படி இருக்கிறது, எண்ணெய் தேய்க்கிறாயா இல்லையா என்று எழுதவும்.

இதைப் போனிலேயே சொல்லியிருக்கலாம். சொன்னால் நீ, "அதுக்கென்னுங்ண்ணா, பரவால்லீங்ண்ணா" என்று ஒரே மூச்சில் சொல்லிவிட்டு, நான் சாப்பிட்டேனா என்று கேட்பாய். அதைக் காதால் கேட்கும் தைரியம் எனக்கு இல்லை. அதனால்தான் கடிதம். விஷயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். வருகிற பதினான்காம் தேதி சனிக்கிழமை நம் வீட்டில் நடப்பதாக இருந்த 'வீட்டுக் கடன் தீர்ந்த நன்றித் திருப்பலி' நடக்காது. காரணம், வீட்டுக் கடன் தீரவில்லை. ரிட்டயர் ஆகப்போகிற நீ, குவார்ட்டர்ஸைக் காலி செய்துவிட்டு அன்றைக்கே பெட்டி படுக்கையோடு இங்கே நிரந்தரமாக வந்துவிடுவதாக எழுதியிருந்தாய் அல்லவா, பெட்டிகளைக் கட்டியிருந்தால் தயவுசெய்து அவிழ்த்துவிடு. கட்டிலை வார்டு ஆயாவுக்குக் கொடுத்துவிட்டதாகவும் எழுதியிருந்தாய். கொடுத்த கட்டிலை எப்படித் திரும்பக் கேட்பது என்று எனக்குத் தெரியவில்லை. நீயே ஏதாவது நல்லபடியாகச் சொல்லி வாங்கிக்கொள்.

நடந்தது இதுதான். இருநூற்று நாற்பதாவது தவணை ஜனவரி ஐந்தாம் தேதி என் கணக்கிலிருந்து போனது. இருபது வருடம், மாதம் பத்தாயிரத்து நானூற்றுப் பதினான்கு ரூபாய், ஒரு மாதம்கூடத் தவறவில்லை. கொரோனா காலத்தில் வங்கியே தள்ளிக் கட்டலாம் என்று சொன்னபோதும் நான் கட்டினேன். அன்றைக்கே அச்சகத்துக்குப் போய் நூற்றைம்பது அழைப்பிதழ் அடிக்கக் கொடுத்தேன். உனக்கு வந்ததும் அதில் ஒன்றுதான். பொங்கல் கழிந்ததும் வீட்டுப் பத்திரத்தை வாங்கிவரப் புறப்பட்டேன். நாம் நாள் பார்க்கிறவர்கள் இல்லை, ஆனாலும் உன் அண்ணி செவ்வாய்க்கிழமை வேண்டாம் என்றதால் வியாழக்கிழமை போனேன். வெறுங்கையோடு போகலாமா என்று இரண்டு கிலோ மைசூர்பாகு வாங்கிக்கொண்டேன். அங்கேதான் அவசரப்பட்டுவிட்டேன். வாசலில் செக்யூரிட்டிக்கு ஒன்று கொடுத்தேன், டோக்கன் கொடுக்கிற பெண்ணுக்கு ஒன்று, பணம் கட்ட நின்ற வரிசைக்கு ஆளுக்கு ஒன்று. எதற்கு என்று கேட்டவர்களிடமெல்லாம், "வீட்டுக் கடன் முடிஞ்சு போச்சுங்க" என்றேன். வரிசையில் நின்ற ஒருவர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். கடன் பிரிவில் இருக்கிற ஹர்ஷிணி என்கிற அதிகாரிப் பெண்ணிடம் நான் போய் உட்காரும்போது வங்கி முழுவதும் என் மைசூர்பாகை மென்றுகொண்டிருந்தது. அந்தப் பெண்ணும் ஒரு துண்டை வாயில் போட்டுக்கொண்டுதான் கம்ப்யூட்டரைத் தட்டினாள். பிறகு மெல்வதை நிறுத்தினாள்.

"சார், உங்களுக்கு இன்னும் நாப்பத்தஞ்சு தவணை இருக்குதுங்க."

"யாருக்குங்க?"

"உங்களுக்குத்தானுங்க. அசலே இன்னும் மூணு லட்சத்துத் தொண்ணூத்திநாலாயிரம் நிக்குதுங்க சார்."

வேறு ஞானாபரணம் யாராவது இருப்பார்கள் என்று சொல்லிப் பார்த்தேன். கோயம்புத்தூர் முழுவதும் அந்தப் பெயரில் அவர்களிடம் கடன்காரன் நான் ஒருவன்தானாம்.

அந்தப் பெண்ணைக் குற்றம் சொல்ல மாட்டேன். தண்ணீர் கொடுத்து, நிதானமாகச் சொன்னாள். நாம் வாங்கியது மாறுகிற வட்டி. ஆரம்பத்தில் எட்டரை சதவீதம். நடுவில் பத்து, பத்தரை என்று ஏறியது, கொஞ்சம் இறங்கியது, மறுபடியும் ஏறியது. ஏறும்போதெல்லாம் தவணைத் தொகையைக் கூட்டாமல், தவணைகளின் எண்ணிக்கையைக் கூட்டிக்கொண்டே வந்திருக்கிறார்கள். "ஒவ்வொரு தடவையும் லெட்டர் போட்டிருக்கறமுங்க சார்" என்றாள். போட்டிருக்கிறார்கள் அம்மணி. பதினேழு கடிதம். பம்பு கம்பெனி ஸ்டோர்ஸில் முப்பத்தொரு வருடம் இருந்து, ஒரு வாஷர் குறைந்தாலும் கண்டுபிடித்தவன் நான். அந்தப் பதினேழு உறைகளையும் தேதி வாரியாக அடுக்கி, நூல் கட்டி, அலமாரியில் பத்திரமாக வைத்திருக்கிறேன். பிரிக்கத்தான் இல்லை. பிரித்தால் உள்ளே இருக்கும் தாள் தொலைந்துபோகும் என்பது ஸ்டோர்ஸ் பழக்கம். ஒன்றே ஒன்றை மட்டும் 2007-ல் பிரித்துப் படித்தேன். வட்டி ஏறிவிட்டது, ஆனால் உங்கள் தவணைத் தொகையில் மாற்றமில்லை என்று இருந்தது. அதோடு மடித்துவைத்துவிட்டு அந்தோணியார் கெபிக்குப் போய் ஒரு கட்டு மெழுகுவர்த்தி ஏற்றினேன். கம்பெனியில் எல்லோரும் வட்டி ஏறிவிட்டது என்று புலம்பியபோது, எனக்கு மட்டும் ஏறவில்லை, அந்தோணியார் பார்த்துக்கொண்டார் என்று கேன்டீனில் நின்று பெருமையாகச் சொன்னேன். சென்ற வாரம் கிளமென்ட் அதே கடிதத்தை எடுத்துப் படித்துக் காட்டினான். மாற்றமில்லை என்பதற்கு அடுத்த வரியில்தான், தவணைக் காலம் நீட்டிக்கப்படுகிறது என்று இருந்தது. ஒரு வரி கூடப் படித்திருந்தால் மெழுகுவர்த்திச் செலவாவது மிஞ்சியிருக்கும்.

கிளமென்ட் சாப்பாட்டு மேஜையில் தாளை விரித்து முழுக் கணக்கையும் போட்டான். நாம் வாங்கியது பன்னிரண்டு லட்சம். முதல் தவணையிலேயே எட்டாயிரத்து ஐந்நூறு ரூபாய் வட்டிக்குப் போய்விட்டதாம், அசலில் கழிந்தது ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினான்குதான். ஆரம்ப வருடங்களில் எல்லா மாதமும் ஏறக்குறைய இதே கதைதான். இதுவரைக்கும் கிட்டத்தட்ட இருபத்தைந்து லட்சம் கட்டியிருக்கிறேன், இன்னும் நாலே முக்கால் லட்சம் கட்ட வேண்டும். ஆக, பன்னிரண்டு லட்சத்துக்குச் சுமார் முப்பது லட்சம். "வருஷத்துக்கு ஒரே ஒரு தவணை சேத்திக் கட்டியிருந்தீங்கன்னா, அஞ்சு வருஷம் முன்னாடியே முடிஞ்சிருக்குமுங்கப்பா" என்றான். தீபாவளி போனஸ் வருடா வருடம் வந்ததே, அது எங்கே போனது என்று யோசித்தேன். உன் அண்ணிக்குப் பட்டுப் புடவை, கிறிஸ்துமஸுக்குத் தெருவிலேயே பெரிய ஸ்டார், ஒரு வருடம் வேளாங்கண்ணிக்குத் தனி வேன். ஆழம் தெரியாமல் காலை விட்டவன் நான், அதுவும் ஷூவைக்கூடக் கழற்றாமல் விட்டிருக்கிறேன்.

உன் அண்ணியிடம் இன்னும் சொல்லவில்லை. வங்கியில் அந்த அதிகாரிப் பெண் லீவு, பத்திரம் அடுத்த வாரம் கிடைக்கும் என்று சொல்லி வைத்திருக்கிறேன். அவள் நூற்றைம்பதில் நூற்றுப்பத்து அழைப்பிதழைக் கொடுத்து முடித்துவிட்டாள். பங்குச் சாமியார் ஞாயிற்றுக்கிழமைப் பூசையில் அறிவித்தும்விட்டார். தவக்காலம் தொடங்குவதற்கு முன்னால் ஒரு நல்ல சாப்பாடு என்று ஜனங்கள் ஆசையோடு இருக்கிறார்கள். பிரியாணியையாவது நிறுத்தலாம் என்று மாஸ்டர் அமீர் ஹம்சாவிடம் போனேன். உண்மையை அவரிடம் மட்டும் சொன்னேன். அவர் அரிசி புடைத்துக்கொண்டிருந்தவர் நிமிரக்கூட இல்லை.

"அட்வான்ஸ் வேணும்னா இப்பவே வாங்கிக்கோங்க. ஆனா ஒண்ணு சொல்றனுங்க. கடன் இல்லாத ஊட்டுக்கு மட்டுந்தான் பிரியாணி செய்யோணும்னு நான் இருந்திருந்தா, எப்பவோ அண்டாவ வித்துப்போட்டுப் போயிருக்கோணுங்க."

வந்த வழியே திரும்பிவிட்டேன். அட்வான்ஸ் அவரிடமே இருக்கிறது.

இனி எழுதப்போவதுதான் எழுதக் கஷ்டமானது. கிளமென்ட் போட்ட கணக்கில் கூட்டல் சரியாகத்தான் இருந்தது. ஆனால் ஸ்டோர்ஸ்காரன் கண்ணுக்கு அதில் விட்டுப்போன சில சரக்குகள் தெரிந்தன. இந்த வீட்டுக்கு நாம் கையிலிருந்து போட்ட மூன்று லட்சத்தில் ஒரு லட்சத்து எண்பதாயிரம் உன்னுடையது. தாராபுரத்தில் உனக்கென்று ஒரு சின்ன இடம் வாங்க, நைட் டியூட்டி பார்த்துச் சேர்த்த பணம். திருப்பித் தர இரண்டு தடவை வந்தேன். நீ வாங்கவில்லை. "பணம் வேண்டாமுங்ண்ணா, மேல எனக்கொரு ரூம் கட்டிக் குடுங்க, ரிட்டயர் ஆனா வாரேன்" என்றாய். நானும் கடன் முடியட்டும் அம்மணி என்றேன். 2014-ல் உனக்கு ஆபரேஷன் ஆனபோது, ஒரு மாதம் இங்கே வந்து படுத்துக்கொள்ளட்டுமா என்று கேட்டாய். அப்போது முன்னறையைத் தவணைக்கு உதவட்டும் என்று இரண்டு பாலிடெக்னிக் பையன்களுக்கு வாடகைக்கு விட்டிருந்தேன். மாதம் மூவாயிரம். அந்த மூவாயிரத்துக்காக உன்னைக் குவார்ட்டர்ஸிலேயே கேன்டீன் கஞ்சி குடிக்க வைத்தேன். இரண்டு ஞாயிற்றுக்கிழமை ஹார்லிக்ஸ் பாட்டிலோடு வந்து பார்த்துவிட்டு நாலு மணி பஸ்ஸுக்குத் திரும்பிவிட்டேன். நீ ஒரு வார்த்தை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் இன்றைக்கு எனக்குக் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும். ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் நீ வந்தபோதும், கடன் முடியட்டும், கடன் முடியட்டும் என்றே சொல்லி அனுப்பினேன். அப்படிச் சொல்லிச் சொல்லியே உன் நாற்பது வயதை அறுபதாக்கிவிட்டேன். இதற்கு வட்டி என்ன என்று கிளமென்ட்டிடம் கேட்க எனக்கு வெட்கமாக இருந்தது. என்னை மன்னித்துக்கொள்.

ஆகவே நான் முடிவு செய்துவிட்டேன். சொந்தமாகாத வீட்டுக்கு உன்னை எந்த முகத்தோடு கூப்பிடுவது? ஆஸ்பத்திரிப் பக்கத்திலேயே சின்னதாக ஒரு வீடு வாடகைக்குப் பார். வாடகையை நான் அனுப்புகிறேன். நாற்பத்தைந்து மாதம் பொறுத்துக்கொள். பத்திரம் கைக்கு வந்த அன்றைக்கு நானே வண்டி எடுத்துக்கொண்டு வருவேன். இன்னொன்றும் உறுதியாகச் சொல்கிறேன். இனி இந்த உடம்பில் உயிர் இருக்கும் வரைக்கும் எந்த வங்கியின் எந்தத் தாளிலும் என் கையெழுத்து விழாது.

உன் வார்டில் உள்ள சிஸ்டர்மாருக்கு என் ஸ்தோத்திரம். கட்டில் கிடைக்கும் வரை வெறுந்தரையில் படுக்காதே, பாய்க்கு அடியில் கம்பளி போட்டுக்கொள். பரிசுத்த கன்னி மரியாளின் பரிந்துபேசுதல் உன் முழங்கால்களைக் காப்பதாக.

இப்படிக்கு,
உன் நன்மையை நாடும் அண்ணன்,
சூ. ஞானாபரணம்

பின்குறிப்பு (7 பிப்ரவரி, சனிக்கிழமை): மேலே எழுதியதை எல்லாம் படிக்காததாக நினைத்துக்கொள். ஸ்டாம்ப் வாங்கிவருவதற்குள் கடிதம் உன் அண்ணி கையில் சிக்கிவிட்டது. அவளுக்கு வியாழக்கிழமை சாயங்காலமே எல்லாம் தெரியுமாம். நான் மைசூர்பாகு கொடுத்தேனே அந்தச் செக்யூரிட்டி, அவருடைய மனைவியும் உன் அண்ணியும் ஒன்றாக ஜெபமாலை சொல்கிறவர்கள். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்ததாக நினைத்து ஒரு வாரம் நான்தான் நெஞ்சு வலியோடு திரிந்திருக்கிறேன். நானாகச் சொல்கிறேனா என்று பார்த்துக்கொண்டு, அவள் பாட்டுக்கு அழைப்பிதழ் கொடுத்துக்கொண்டிருந்தாள். கடிதத்தைப் படித்து முடித்ததும் கண்ணாடியைக் கழற்றிவிட்டுக் கேட்டாள்.

"ஏனுங்க, நாப்பத்தஞ்சு மாசங் கழிச்சு அவள வரச்சொல்லி எழுதியிருக்கறீங்களே, அப்ப அவளுக்கு அறுவத்திநாலு ஆகப்போகுதுங்க. மேல ரூம் கட்டுனா, மாடிப்படி ஏறுறதுக்கு முழங்கால யாரு குடுப்பாங்க, பேங்குலயா?"

 நேற்று நானும் கிளமென்ட்டும் ஹர்ஷிணியிடம் போய், பின்பக்கத்துக் காலி இடத்தில் கீழேயே ஒரு அறை கட்ட, இந்த வீட்டின் மேலேயே இன்னும் ஐந்து லட்சம் கடன் கேட்டுக் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்தோம். முப்பத்தொரு பக்கத்தையும் ஒரு வரி விடாமல் வாய்விட்டுப் படித்தேன். அந்தப் பெண் இரண்டு டீ குடித்து முடித்தாள், எனக்கும் ஒன்று வாங்கிக் கொடுத்தாள். தவணை எட்டாயிரத்து நாற்பத்தைந்து, ஏழு வருடம். ஐந்து லட்சத்துக்கு ஆறே முக்கால் லட்சம் கட்டுவோம், வட்டி ஏறினால் அதற்கு மேலும் கட்டுவோம். இந்தத் தடவை அது எனக்கு முன்கூட்டியே தெரியும். கிளமென்ட் வருடத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டுவதாகச் சொல்லியிருக்கிறான்.

திருப்பலி நடக்கும். அழைப்பிதழில் 'தீர்ந்த' என்கிற வார்த்தையை மட்டும் அடித்துவிடச் சொல்லியிருக்கிறார் சாமியார். கட்டிலை ஆயாவிடம் கேட்காதே, இங்கே புதிதாக வாங்கி முன்னறையில் போட்டாகிவிட்டது. பதினான்காம் தேதி காலை சிங்காநல்லூர் பஸ் ஸ்டாண்டில் நிற்பேன், பெட்டிகளை நீ தூக்காதே. முதல் தவணை ஏப்ரல் ஐந்தாம் தேதி. சென்ற தடவை கடைசித் தவணை முடிந்தபிறகு வா என்று சொன்னேன். இந்தத் தடவை முதல் தவணைக்கு முன்னால் வந்துவிடு.