ரெக்கார்டு ரூம் பூச்சி

எங்கள் கல்யாணத்தின் இருபத்தைந்தாவது வருஷ போட்டோவில் என் தலையில் முடி இருக்கும் என்று ஒரு செருப்புக் கடையில் சபதம் செய்தேன். மனசுக்குள்தான் செய்தேன். சத்தமாகச் சபதம் செய்யும் உரிமை எங்கள் வீட்டில் ஒருவருக்குத்தான் உண்டு, அது நான் இல்லை.

நடந்தது இதுதான். எனக்குச் செருப்பு வாங்க நானும் என் மனைவியும் போயிருந்தோம். கடைக்காரர் என் தலையைப் பார்த்தார். அவளைப் பார்த்தார். பிறகு அவளிடம், "அப்பாவை இப்படி உட்காரச் சொல்லுங்கம்மா. பெரியவங்களுக்குன்னு மெத்து மெத்துன்னு தனியா வச்சிருக்கோம்" என்றார். எனக்கும் அவளுக்கும் இரண்டே வயது வித்தியாசம். மீதி இருபதையும் என் வழுக்கை சேர்த்துக் கொடுத்திருக்கிறது. அவள் மூன்று தெரு வரைக்கும் சிரித்தாள். நடுவில் ஒரு விளக்குக் கம்பத்தைப் பிடித்துக்கொண்டு நின்றும் சிரித்தாள்.

என்னைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். விண்ணப்பப் படிவங்களைச் சரிபார்த்து வாங்குவது என் உத்தியோகம். இருபத்தாறு வருஷமாக அதே கவுண்டர். பிறந்த தேதியை மாற்றி எழுதினால் திருப்பிக் கொடுப்பேன். கையெழுத்து கட்டத்தைத் தாண்டினால் திருப்பிக் கொடுப்பேன். ஆபீசில் எனக்கு 'சிவப்பு மை' என்று பெயர். என் கவுண்டரைக் கண்டு நடுங்காத ஜீவன் உலகத்தில் ஒன்றே ஒன்றுதான் உண்டு. அவள் எங்கள் வீட்டுக்குப் பின்னால் செடி நர்சரி நடத்துகிறாள். நாற்று, பதியம், ஒட்டுச் செடி எல்லாம் அவள் சொன்னபடி கேட்கும். நானும் கேட்பேன். செடிகளாவது வளர்ந்தன.

அடுத்த வாரமே லீவு போட்டுவிட்டு, முடி நடும் ஆஸ்பத்திரி ஒன்றுக்குப் போனேன். பின்னந்தலையில் அடர்த்தியாக இருக்கும் இடத்திலிருந்து ஒவ்வொரு வேராக எடுத்து முன்னந்தலையில் நடுகிறார்கள். எனக்கு இரண்டாயிரத்து எண்ணூறு வேர். அதற்கு முன்னால் நாலு பக்கப் படிவம் ஒன்றைக் கொடுத்தார்கள். பசித்தவனுக்கு இலை போட்ட மாதிரி இருந்தது. மற்றவர்கள் திணறுகிற இடத்தில் என் கை பழக்கத்தில் தானாக ஓடியது. ஐந்தே நிமிஷம். படிவத்தை அச்சடித்தவர்களே விட்ட இரண்டு எழுத்துப் பிழைகளையும் சிவப்பில் வட்டம் போட்டுக் கொடுத்தேன். வரவேற்பில் இருந்த பெண், இப்படி ஒருவரை இதுவரை பார்த்ததில்லை என்றாள். பாராட்டாகத்தான் எடுத்துக்கொண்டேன்.

சாயங்காலம் அனுப்பும்போது அந்தப் பெண் பத்து நாள் பத்தியத்தை ஒப்பித்தாள். தலையைத் தொடக் கூடாது, சொறியக் கூடாது, குனியக் கூடாது. பாதி உட்கார்ந்தபடி தூங்க வேண்டும். மணிக்கொரு தரம் உப்புத் தண்ணீரைப் பனி மாதிரித் தெளிக்க வேண்டும். தலை வழியாக மாட்டும் பனியன் ஆகாது. மற்றதெல்லாம் தினமும் போனுக்கு வரும் என்றாள். என் போனுக்கு ஒன்றும் வரவில்லை. எல்லா இடத்திலும் சொல்வது ஒன்று, செய்வது ஒன்று என்று விட்டுவிட்டேன்.

இனி வீட்டில் சொல்ல ஒரு பொய் வேண்டும். டாக்சியில் வரும்போது பின் சீட்டில் நேராக நிமிர்ந்து உட்கார்ந்து யோசித்தேன். வீட்டு வாசலில் இறங்கியும் முடியவில்லை. ஐந்து நிமிஷம் நின்று முடித்துவிட்டுத்தான் மணியை அடித்தேன். கை எடுப்பதற்குள் கதவு திறந்தது.

"என்னங்க இது?"

"ரெக்கார்டு ரூம்ல பூச்சி கடிச்சிருச்சு. டாக்டர் மொட்டை போட்டு மருந்து வச்சிருக்கார். பத்து நாளைக்கு யாரும் தொடக் கூடாதாம்."

"என்ன பூச்சி?"

பூச்சியோடு தினமும் மல்லுக்கட்டுகிறவளிடம் பூச்சிக் கதை சொல்லக் கூடாது என்பது அப்போதுதான் உறைத்தது.

"பழைய ஃபைல்ல இருக்குமே, சின்னதா."

"ஆறு காலா, எட்டுக் காலா?"

"எண்ணிப் பார்க்கல."

"வரிசை வரிசையா கடிச்சிருக்கே."

"ஆபீஸ் பூச்சி. வரிசையிலதான் வரும்."

அவள் கொஞ்ச நேரம் என் தலையைப் பார்த்தாள். "அப்படியும் இருக்கும்" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள். கேழ்வரகில் நெய் வடிகிறது என்றால் கேட்பவருக்கு மதி வேண்டாமா என்பார்கள். என் மனைவியின் மதி அன்றைக்கு லீவில் இருந்தது என்று நினைத்துக்கொண்டேன். எனக்கு அவள்மேல் இரக்கமாகக்கூட இருந்தது.

அதற்கப்புறம் என் அதிர்ஷ்டத்தைக் கேளுங்கள். அன்றைக்கே அவள் சாய்வு நாற்காலி ஒன்றை நர்சரிக் கொட்டகையிலிருந்து இழுத்து வந்து என் கட்டில் பக்கத்தில் போட்டாள். பூச்சி கடித்தவர்கள் படுத்தால் விஷம் தலைக்கு ஏறுமாம். மறுநாள் காலையில் என் பனியன்கள் எல்லாம் ஊறப் போட்டிருந்தன. மிச்சம் இருந்தவை பட்டன் வைத்த சட்டைகள் மட்டும். சாப்பாட்டு மேஜைக்கு மேலே பதினோரு வருஷமாக என் தலையை இடித்துக்கொண்டிருந்த விளக்கு இரண்டடி மேலே போயிருந்தது. பதினோரு வருஷமாக நான் கெஞ்சிய விஷயம். பூச்சி கடித்தால்தான் நடக்கும்போல.

தெளிப்பதற்கு என்ன செய்வது என்று நான் தவித்துக்கொண்டிருந்தபோது அவளே தெளிப்பான் ஒன்றைக் கொண்டுவந்தாள். விதைத் தட்டுகளுக்கு அடிப்பது. அதன் மூக்கைத் திருகி, காற்றில் ஒரு முறை அடித்துக் காட்டினாள். தண்ணீர் விழவே இல்லை, ஈரம் மட்டும் மிதந்தது. கொதிக்க வைத்து ஆறின உப்புத் தண்ணீர்தான், பூச்சிக் கடிக்கு நல்லது என்றாள். மணிக்கொரு தரம் அவளே வந்து அடித்தாள். நாற்றுகளுக்கு அடிக்கும்போது வருகிற அதே முகம். மூச்சைப் பிடித்துக்கொண்டு, கையை அசைக்காமல், ஒரு துளிகூட உருண்டு ஓடாமல். உண்மையைச் சொல்கிறேன், இவ்வளவு நுணுக்கமாக வேலை செய்கிற ஒருத்தியோடு இத்தனை வருஷம் குடித்தனம் நடத்திவிட்டு, அவள் வேலை செய்யும்போது ஒரு நாள்கூட நின்று பார்த்ததில்லை என்பது அப்போதுதான் தெரிந்தது.

மூன்றாம் நாள் என் நெற்றி வீங்கிக் கண் சுருங்கிவிட்டது. கண்ணாடியில் என்னைப் பார்த்து எனக்கே வணக்கம் சொல்லத் தோன்றியது, யாரோ புது ஆள். அவள் பதறவே இல்லை. விஷம் இறங்குகிறது, நாளைக்கு மூக்கு வரைக்கும் வரும், அதற்கு மறுநாள் வடிந்துவிடும் என்றாள். சொன்ன தேதியில் வந்தது, சொன்ன தேதியில் வடிந்தது. இல்லாத பூச்சிக்கு இவ்வளவு துல்லியமாக ஜாதகம் கணிக்கிறாளே என்று வியந்தேன். வியந்ததோடு நிறுத்திக்கொண்டேன். அங்கேதான் கோட்டை விட்டேன்.

ஐந்தாம் நாள் கண்டம் வந்தது. என் மச்சான். அவளுடைய அண்ணன். லாரிகளுக்கு டயர் மாட்டுகிற கை. என்னைக் கண்டால் "மாப்ள" என்று கூப்பிட்டுக்கொண்டே தலையில் இரண்டு தட்டுத் தட்டிவிட்டுத்தான் உட்காருவார். பாசம்தான். ஆனால் அந்தப் பாசம் அன்றைக்கு விழுந்தால் இரண்டாயிரத்து எண்ணூறும் அவர் உள்ளங்கையோடு போய்விடும்.

வாசலில் அவர் குரல் கேட்டது. எனக்கு எழுந்து ஓடவும் முடியாது, குனிந்து ஒளியவும் முடியாது. கதவு திறந்தது. மச்சான் உள்ளே வந்தார். இரண்டு கையாலும் ஒரு பெரிய தொட்டிச் செடியை ஏந்திக்கொண்டு வந்தார்.

"மாப்ள, இதை எங்க வைக்கிறதுன்னு தெரியல. கீழ வைக்கக் கூடாதாம்."

"அண்ணா, வேர் அசையக் கூடாது. சட்டி காயிற வரைக்கும் பிடிச்சுக்கோ" என்று சமையலறையிலிருந்து பதில் வந்தது.

முக்கால் மணி நேரம் பிடித்துக்கொண்டு இருந்தார். காபியை அவளே அவர் வாயில் ஊட்டினாள். போகும்போதும் செடியோடுதான் போனார், அது அவருக்கே கொடுத்ததாம். மயிரிழையில் தப்பினேன் என்று சொல்ல, என் வாழ்க்கையில் முதல் தடவையாக, என்னிடம் போதுமான இழைகள் இருந்தன.

ஏழாம் நாளிலிருந்து அரிப்பு. எறும்புப் புற்றையே தலையில் கவிழ்த்த மாதிரி. கை தானாக மேலே போகும். அன்றைக்கு என்று பார்த்து அவளுக்கு ஆள் வரவில்லையாம். நானூறு குழித் தட்டுகளுக்கு எரு கலந்த மண்ணை நிரப்பித் தரச் சொல்லி மேஜைமேல் கொண்டுவந்து வைத்தாள். முழங்கை வரைக்கும் எரு. அந்தக் கையைத் தலைக்குக் கொண்டுபோக எவனுக்கு மனசு வரும்? நாலு நாள் நிரப்பினேன். அரிப்பு நின்ற அன்று மாலையே அவளுடைய ஆளும் வந்துவிட்டார்.

பத்தாம் நாள் குவளையில் வெதுவெதுப்பாகத் தண்ணீர் மொண்டு, நுரையை விரல் நுனியால் ஒற்றி, பொருக்கெல்லாம் அவளே கழுவிவிட்டாள். கண்ணாடியில் பார்த்தேன். முன்னந்தலை முழுக்கக் குட்டி குட்டியாக முடி. பூச்சி கடித்த இடத்தில் முடி முளைக்கும் என்று நீ கேள்விப்பட்டதில்லையா என்று கேட்டேன். நல்ல பூச்சியாக இருக்கும் என்றாள். அவளை ஏமாற்றுவது இவ்வளவு சுலபம் என்று தெரிந்திருந்தால் இருபத்தைந்து வருஷத்தில் எத்தனை சாதித்திருப்பேன்.

இருபத்திரண்டாம் நாள் காலையில், தலையை மறைக்கப் போட்டிருந்த தொப்பியைக் கழற்றினேன். தொப்பிக்குள் முடி.

தலையைத் தடவினேன். கையில் முடி. துண்டால் லேசாக ஒற்றினேன். துண்டில் முடி. மூன்று நாளில் தலை பழையபடி செருப்புக் கடைத் தலையாகிவிட்டது. நட்டது அத்தனையும் செத்துவிட்டது என்று நினைத்தேன். அரித்தபோது சொறிந்தேனா, தூக்கத்தில் இடித்துக்கொண்டேனா என்று ஒவ்வொரு நாளாகப் பின்னோக்கிப் போனேன். ஆபீஸ் போகவில்லை. போட்டோவைப் பற்றி நினைத்தபோது கண் கலங்கியது. வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், அழுதேன். துண்டில் சேர்த்த முடியைப் பொட்டலமாக எடுத்துக்கொண்டு நர்சரிக்குப் போனேன்.

அவள் நாற்றுகளை இடம் மாற்றி நட்டுக்கொண்டிருந்தாள். பொட்டலத்தை அவள் முன்னால் பிரித்தேன்.

"பூச்சி இல்லம்மா. நான் பொய் சொன்னேன். முடி நட்டுக்கிட்டேன். எல்லாம் செத்துப் போச்சு."

அவள் கையைத் துடைத்துக்கொண்டாள். பக்கத்தில் நட்டு இரண்டு வாரமான தட்டு ஒன்றை என் பக்கம் நகர்த்தினாள். ஒன்றில்கூட இலை இல்லை. வெறும் குச்சிகள்.

"இதைச் செத்துப் போச்சுன்னு சொல்வீங்களா? இடம் மாத்தி நட்டா முதல்ல இலையை விட்டுரும். வேர் உள்ள பிடிச்சுக்கும். அப்புறம்தான் புதுசா விடும். உங்களுக்கு மூணு மாசம் ஆகும்."

"எனக்கு மூணு மாசம்னு உனக்கு எப்படித் தெரியும்?"

அவள் போனை எடுத்துக் கொடுத்தாள். முதல் நாளிலிருந்து வரிசையாக ஆஸ்பத்திரிச் செய்திகள். முதல் நாள், சாய்ந்து தூங்கவும். மூன்றாம் நாள், நெற்றி வீங்கும், பயம் வேண்டாம். ஏழாம் நாள், அரிக்கும், கைக்கு வேலை கொடுக்கவும். இருபதாம் நாளுக்கு மேல், நட்ட முடி உதிரும், இது நல்ல அறிகுறி. எல்லாவற்றுக்கும் மேலே ஒரு படிவத்தின் படம். இரண்டு எழுத்துப் பிழைகளுக்குச் சிவப்பு வட்டம். 'உங்கள் கைபேசி எண்' என்ற கட்டத்தில், கோட்டைத் தொடாமல், அடித்தல் திருத்தல் இல்லாமல், முத்து முத்தாக என் மனைவியின் எண்.

சமையல் வாயுவுக்கு அவள் எண். வங்கிக்கு அவள் எண். கரண்டுக்கு, காப்பீட்டுக்கு, பல் டாக்டருக்கு அவள் எண். என் எண் எனக்கு மனப்பாடம் கிடையாது. இருபத்தாறு வருஷமாகத் தப்பான எண் எழுதினவர்களை வரிசையின் கடைசிக்கு அனுப்பின கை இது.

"நீங்க அங்க கவுந்து படுத்திருக்கும்போதே போன் பண்ணிட்டாங்க. வீட்ல பார்த்துக்கிறது நீங்கதானே மேடம்னு கேட்டாங்க. ஆமான்னுட்டேன்."

"அப்புறம் ஏன் பூச்சி கதையெல்லாம் கேட்டே?"

"புண்ணான தலையோட நின்னு அவ்வளவு கஷ்டப்பட்டுச் சொன்னீங்க. பாதியில நிறுத்த மனசு வரல." பொட்டலத்தை மடித்து ஓரமாக வைத்தாள். "அன்னிக்குக் கடையில சிரிச்சேன்ல. மூணு தெரு தாண்டித்தான் கவனிச்சேன், நீங்க செருப்பு வாங்காமலே வந்துட்டீங்க. அது எனக்கு உறுத்திக்கிட்டே இருந்துச்சு."

தெளிப்பானை எடுத்து அந்தக் குச்சிகளுக்குக் கொஞ்சம் தண்ணீர் அடித்தேன். அதிகம் அடிக்கிறேன் என்று பிடுங்கிக்கொண்டாள்.

குச்சிகள் ஒரு மாசத்தில் துளிர்த்தன. நான் மூன்று மாசத்தில். அதற்கப்புறம் ஆறேழு மாசம் கழித்து வந்த கல்யாண நாள் போட்டோவில் தலை நிறைய முடியோடு, புதுச் செருப்போடு நிற்கிறேன். போட்டோக்காரர் யாரையும் அப்பா என்று கூப்பிடவில்லை.

போன வாரம் ஆஸ்பத்திரியிலிருந்து கடைசியாக ஒரு படிவம் வந்தது. எனக்கு இல்லை, என்னைப் பராமரித்தவருக்கு. அவள் பூர்த்தி செய்துவிட்டு, தப்பு ஏதும் இருக்கிறதா பாருங்கள் என்று என்னிடம் கொடுத்தாள். சிவப்புப் பேனாவோடு உட்கார்ந்தேன். 'பராமரிப்பில் நீங்கள் சந்தித்த பெரிய சிரமம்' என்ற கட்டத்தில் இப்படி எழுதியிருந்தாள்: 'முதல் நாள் அவர் வாசலில் நின்று பொய்யை யோசித்து முடிக்கும்வரை, கதவுக்குப் பின்னால் சிரிக்காமல் நின்றது.'

நாலு முறை படித்தேன். பிழை ஒன்றும் இல்லை. 'சரிபார்க்கப்பட்டது' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன்.