பதினோராவது கேள்வி

உளவியல் படித்தவர்களுக்கு அடுத்தவர் மனசு புரியும் என்று ஒரு நம்பிக்கை நிலவுகிறது. இந்தத் தொழிலில் இருபது வருடங்களுக்கு மேல் குப்பை கொட்டியவள் சொல்கிறேன்: எங்களுக்கு எங்கள் மனசே புரியாது. அப்படியே புரிந்தாலும் அதை நிரூபிக்க முந்நூறு படிவம் நிரப்ப வேண்டும்.

முனைவர் பட்ட ஆய்வில் எனக்கு அது ஆறாவது வருடம். கள்ளக்குறிச்சிப் பக்கம் கூலி வேலை செய்யும் பெண்களின் மனச்சோர்வை அளக்க நாற்பது கேள்விகள் வைத்திருந்தேன். ‘அண்மைக்காலமாகத் தங்கள் உறக்கத்தில் இடையூறு ஏதும் உண்டா?’ என்கிற ரகம். (எங்கள் வீட்டில்கூட யாரும் இப்படிப் பேசமாட்டார்கள். ஆராய்ச்சி என்றால் அப்படித்தான் இருக்கும் என்று நினைத்துவிட்டேன்.)

நான் கேள்வி கேட்கும் அழகை நேரில் பார்த்த பிறகுதான் கையெழுத்து என்று சொல்லிவிட்டார் என் பேராசிரியர். கையெழுத்து இல்லையென்றால் ஆறு வருடமும் அம்போ. அவர் வருவதற்கு முந்தின நாள் கல்வராயன் மலையில் படிவம் நிரப்பப் போயிருந்தேன். இறங்குவதற்கு பஸ் வரவில்லை. ராத்திரி முழுக்க நடந்தேன். மறுநாள் மதியம் கச்சிராயபாளையத்தில் அஞ்சலை வீட்டில் போய் உட்கார்ந்தபோது கால்கள் இரண்டும் யாருடையவோ போலிருந்தன.

அஞ்சலைக்கு என் வயதுதான். எட்டாவது வரை படித்தவர். விடிகாலையிலிருந்து கரும்பு வெட்டிவிட்டு அப்போதுதான் வந்திருந்தார். பேராசிரியர் பிளாஸ்டிக் நாற்காலியில் அமர்ந்தார். நான் பத்துக் கேள்விகள் கேட்டேன். பத்துக்கும் ஒரே பதில்: “அதெல்லாம் ஒண்ணுமில்லீங்க.”

பதினோராவது, உறக்கம் பற்றியது. ‘அண்மைக்காலமாகத் தங்கள் உறக்கத்தில்...’ என்று ஆரம்பித்தது வரைதான் எனக்கு நினைவிருக்கிறது.

அடுத்து காதில் விழுந்தது அஞ்சலையின் குரல். “கேக்க வந்தவங்களே தூங்கிக்கினு இருக்காங்க. எழுப்பாதீங்க சார், பாவம். மீதிய நானே படிச்சிக்கிறேன்.”

படிவம் என் மடியிலிருந்து உருவப்பட்டது. கண்ணைத் திறக்க அவமானமாக இருந்ததால் அப்படியே சுவரில் சாய்ந்து கிடந்தேன்.

“‘தங்கள் பணி தங்களுக்கு நிறைவளிக்கிறதா?’ அய்ய, இன்னா பாஷைங்க இது? சார், நீங்க பாக்குற வேலை உங்களுக்குப் புடிச்சிருக்குதா?”

பேராசிரியர் அதட்டப் போகிறார் என்று காத்திருந்தேன். பிளாஸ்டிக் நாற்காலி முன்னால் நகரும் சத்தம்தான் கேட்டது.

“புடிச்சுத்தாம்மா வந்தேன். இப்ப மீட்டிங், ரிப்போர்ட், திரும்ப மீட்டிங். மனுஷங்ககிட்ட உக்காந்து பேசியே பல வருஷம் ஆச்சு.”

“தூக்கம் வருதா?”

“மூணு மணிக்கு முழிப்பு வந்துடும். அப்புறம் வராது.”

“எனுக்கும் அப்படித்தாங்க சார். எங்க வூட்டுக்காரர் செத்ததுலருந்து.”

ஆறு வருடத்தில் என் படிவத்துக்கு யாரும் இப்படி ஒரு பதில் சொன்னதில்லை. அதை எழுதிக்கொள்ள வேண்டிய நான் குறட்டை விடுவதுபோல் நடித்துக்கொண்டிருந்தேன்.

ஒருவழியாக நான் ‘விழித்ததும்’ அஞ்சலை சொன்னார்: “சாருக்கு எல்லாம் கேட்டு முடிச்சிட்டேன். நீங்க மூஞ்சி கழுவிக்கினு வாங்க, டீ போடுறேன்.”

திரும்பும்போது டவுன் பஸ்ஸில் பேராசிரியர் ஒரே வாக்கியம்தான் பேசினார். “கேள்வி எல்லாத்தையும் அந்தம்மா கேட்ட மாதிரி மாத்தி எழுது.”

“சார், ஏற்கெனவே நிரப்பின படிவம்?”

அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். கையெழுத்து கிடைக்க மேலும் இரண்டு வருடம் போயிற்று. என்னோடு சேர்ந்தவர்கள் எல்லாம் வேலையில் நிரந்தரமானபோது, நான் அஞ்சலையுடன் உட்கார்ந்து ‘தூக்கம் வருதா’வுக்குப் பக்கத்தில் ‘இன்னா’ போடலாமா வேண்டாமா என்று விவாதித்துக்கொண்டிருந்தேன். இன்றைக்கு ஒன்றிரண்டு மருத்துவமனைகளில் அந்தக் கேள்விகளைக் கேட்கிறார்கள். பெண்கள் பதில் சொல்கிறார்களாம். சம்பாதித்தது அவ்வளவுதான்.

பேராசிரியர் என் கல்யாணத்துக்கு வந்திருந்தார். வாழ்த்துவார் என்று மைக்கைக் கொடுத்தால், கச்சிராயபாளையத்தில் அன்று தாம் எழுதிய குறிப்பை அப்படியே ஒப்பித்தார்: “பதில் சொல்பவர் விழித்திருக்கிறார். ஆய்வாளர் உறங்குகிறார்.” மண்டபமே சிரித்தது. மாப்பிள்ளை எல்லோரையும்விட ஜாஸ்தி.

இப்போதும் டிவி முன்னால் என் தலை சாய்ந்தால் மகள் அறிவிப்பாள்: “அப்பா, ஆய்வாளர் உறங்குகிறார்!” அவரும் சத்தத்தைக் கம்மி பண்ணிவிடுவார். இத்தனை வருட அறிவியல் வாழ்க்கையில் எனக்குக் கிடைத்த ஒரே சலுகை அதுதான்.