மாமா ஏறிய எரிமலை

கிரக்கட்டோவா என்ற எரிமலைத் தீவு எப்போது வெடித்தது, எப்போது கடலுக்குள் போனது, எப்போது மறுபடி தலைநீட்டியது என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லிவிடுவேன். ஆனால் மாடு கட்டும் முளை ஒன்றை உறுதியாக அறைய எனக்குத் தெரியாது. கரடியனாற்றில் மாடுகளுக்கு நடுவே வளர்ந்தவன் இதைச் சொல்ல வெட்கப்பட வேண்டும். வெட்கப்படுகிறேன். (பட்டு என்ன பயன், அந்த முளை பிடுங்கியது பிடுங்கியதுதான்.)

அப்போது நான் புளியந்தீவில், வாவிக் கரையோடு ஒட்டிய ஒரு பள்ளிக்கூடத்தில் புதிதாகச் சேர்ந்திருந்த புவியியல் ஆசிரியர். அங்கே கணிதம் படிப்பித்தவர் வதனி. ஆசிரியர் அறையில் எங்கள் மேசைகள் பக்கத்துப் பக்கத்தில் இருந்தன. அதற்குப் பிறகு நடந்ததை விளக்கத் தேவையில்லை. முறையாகப் பெண் கேட்டு என் வீட்டார் களுவாஞ்சிக்குடிக்கு ஆள் அனுப்பினார்கள். வதனியின் அப்பா பூபாலபிள்ளை அங்கே இரும்புச் சாமான் கடை வைத்திருந்தார். ஆணி முதல் தண்ணீர்த் தாங்கி வரை அவரிடம் வாங்கலாம்.

அவர் என் சம்பளத்தைக் கேட்கவில்லை. சாதகத்தைக்கூடப் பிறகு பார்க்கலாம் என்றாராம். கேட்டது ஒன்றே ஒன்று: பொடியன் நிதானமான ஆளா? காரணம் இருந்தது. அவருடைய மூத்த மருமகன் ஓர் அவசரக்காரர். புது மோட்டார் சைக்கிளை ஓடிப் பார்க்கிறேன் என்று ஏறி, நேரே மாமனாரின் கடைக்குள் கொண்டுபோய் பெயின்ட் தட்டில் நிறுத்தியவர். இரண்டாவதாவது பதறாத ஆளாக அமைய வேண்டும் என்று மனிதர் முடிவு செய்திருந்தார். என்னை நாலு பேர் நடுவில் வைத்து ஒருக்காப் பார்த்துவிட்டு முடிவு சொல்வதாகச் சொல்லியனுப்பினார்.

அந்த நேரம் பார்த்து எங்கள் பள்ளிக் கண்காட்சி வந்தது. பூபாலபிள்ளை எங்கள் பள்ளியின் பழைய மாணவர். அவரையே பிரதம விருந்தினராக அழைக்கலாம் என்று அதிபரிடம் சொன்னவன் நான்தான். இதைவிட நல்ல வாய்ப்பு எனக்குக் கிடைக்காது என்று நம்பினேன்.

மற்றவர்கள் சொட்டுநீர்ப் பாசனம், ஊசிக் குழாயில் இயங்கும் பாரந்தூக்கி என்று வகுப்பறைக்குள் அடங்குகிற சாமான்களைச் செய்தார்கள். எனக்கு அப்படிச் சின்னதாக யோசிக்க வராது. தீவு என்றால் தண்ணீரில் இருக்க வேண்டும், எரிமலை என்றால் புகைய வேண்டும். நீல நிற பிளாஸ்டிக் பீப்பாய்கள் (நாங்கள் பரல் என்போம்), பலகை, கம்பிவலை எல்லாவற்றையும் பூபாலபிள்ளையின் கடையிலேயே வாங்கினேன். அதில் கொஞ்சம் உள்நோக்கமும் இருந்தது. பரல்களைச் சேர்த்துக் கட்டி, மேலே பலகை போட்டு, சாக்கும் களிமண்ணும் அப்பி, ஆளுயரத்துக்கு ஒரு மலை எழுப்பி, வாவியில் மிதக்கவிட்டு, கரையில் ஒரு முளை அறைந்து கட்டினேன். உச்சிக் குழியில் ஈரமான பொச்சுமட்டை, அதாவது தேங்காய் மட்டை. பற்றவைத்தால் மாட்டுப்பட்டியில் நுளம்பு விரட்டப் போடுகிற புகை மாதிரி மணிக்கணக்கில் புகையும். அதற்கடியில், யாருக்கும் சொல்லாமல், பெரிய சீனவெடி நாலைப் புதைத்தேன். 1883இல் கிரக்கட்டோவா நாலு தரம் பெரிதாக வெடித்தது. வரலாற்றை நான் குறைக்க விரும்பவில்லை.

விழாவில் குத்துவிளக்குக்குப் பதிலாக எரிமலையையே விருந்தினர் ஏற்றிவைப்பது என்று ஏற்பாடு. கரையிலிருந்து ஒரு பலகை, கையில் நீளமான பந்தம். பலகையில் நின்றபடியே எட்டிக் கொளுத்திவிடலாம்.

வதனி எனக்கு ஒரே ஒரு புத்தி சொன்னார்.

“அப்பாக்கு நீட்டுப் பேச்சு சரிவராது, சேர். சுருக்கமா முடிங்க.”

ஓம் என்று தலையாட்டிவிட்டு, பல பக்கத்துக்கு எழுதி மனப்பாடம் செய்தேன்.

கண்காட்சி அன்று காலை என் அப்பா கரடியனாற்றிலிருந்து தொலைபேசி எடுத்தார். தைப்பொங்கல் கழிந்தும் மழை விடாமல் கொட்டி, வாவி நிரம்பி, எங்கள் வயல்வட்டை முழுக்க நெல் வெள்ளாண்மை கழுத்தளவு தண்ணீரில் நின்ற நேரம் அது. விவசாயிகள் நாட்கணக்காகக் கேட்டுக்கொண்டிருந்த காரியம் கடைசியில் நடந்துவிட்டது என்றார்.

“ஆத்துவாய வெட்டிட்டாங்க, மனே. இனித் தண்ணி வடிஞ்சிரும்.”

வெளியூர் வாசகருக்காக ஒரு வார்த்தை. ஆத்துவாய் என்பது எங்கள் வாவி கடலோடு சேரும் முகத்துவாரம்; அதை மணல்மேடு மூடியிருக்கும். வெள்ளம் கூடினால் அதை வெட்டிவிடுவார்கள். வெட்டினால் வாவித் தண்ணீரெல்லாம் கடலை நோக்கி ஓடும். இது இந்தப் பக்கத்தில் எல்லாருக்கும் தெரியும். எனக்கும் தெரியும். அப்பாவோடு சேர்ந்து உண்மையாகவே சந்தோஷப்பட்டேன். ஆனால் எந்த வாவித் தண்ணீர் ஓடப்போகிறதோ அதே தண்ணீரில்தான் என் தீவு மிதக்கிறது என்ற எண்ணம் மட்டும் எனக்கு வரவேயில்லை. சுந்தா நீரிணையில் நீரோட்டம் எந்தப் பக்கம் என்று கேட்டிருந்தால் கைகாட்டியிருப்பேன்.

கரைக்குப் போனால் தண்ணீர் ஒரு முழம் இறங்கி, தீவு சேற்றில் குந்திக்கொண்டிருந்தது. பரவாயில்லை என்று அதை உள்ளே தள்ளி மிதக்கவிட்டு, முளையைப் பிடுங்கி, புதிதாக வெளிப்பட்ட சேற்றிலேயே அறைந்தேன். முளை வெண்ணெய்க்குள் போவதுபோல இறங்கியது. என் கைப்பலம் என்று நினைத்துக்கொண்டேன்.

பூபாலபிள்ளை வெள்ளை வேட்டி, வெள்ளைச் சேட்டு, கழுத்தில் பெரிய மாலை சகிதம் வந்து நின்றார். நான் ஒலிவாங்கியைப் பிடித்துக்கொண்டு சனத்தைப் பார்த்து நின்றேன். வாவி என் முதுகுக்குப் பின்னால் இருந்தது. தயவுசெய்து இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள், என் தரப்பு நியாயம் முழுக்க இதில்தான் இருக்கிறது.

பலகையில் நின்றே கொளுத்தலாம் என்று அதிபர் அவரிடம் சொன்னது என் காதில் விழுந்தது.

“இது என்ட கடைப் பரல். யானை ஏறினாலும் தாழாது” என்று அவர் சொன்னதும் விழுந்தது.

கைதட்டல் கேட்டது. எரிமலை ஏற்றப்பட்டுவிட்டது என்று விளங்கி, நான் தொடங்கினேன். பெரிய வெடிப்பில் தீவின் பெரும்பகுதி கடலுக்குள் போனதையும், அந்தச் சத்தம் இலங்கை வரைக்கும் கேட்டதையும் சொன்னேன். முன்வரிசையில் இருந்தவர்கள் மெல்ல எழுந்து நின்றார்கள். என் பேச்சு வேலை செய்கிறது என்று குரலை இன்னும் இறக்கி, இன்னும் ஆறுதலாக, அவசரமில்லாமல் பேசினேன். எல்லாம் முடிந்தது என்று உலகம் நினைத்திருக்க, 1927இல் அதே இடத்தில் கடலுக்கடியிலிருந்து புகை கிளம்பி, கிரக்கட்டோவாவின் குழந்தை என்ற பெயரோடு புதுத்தீவு ஒன்று முளைத்ததைச் சொன்னேன். இப்போது எல்லாருமே எழுந்து நின்றார்கள். சிலர் கதிரைமேல் ஏறினார்கள். ஓர் ஆசிரியை வாயைப் பொத்திக்கொண்டார். இப்படி ஒரு சபை எனக்கு வாய்த்ததேயில்லை.

2018இல் அந்தத் தீவின் ஒரு பக்கம் சரிந்து கடலுக்குள் விழுந்ததையும், அந்த அலை அங்கே சனத்தைக் கொண்டுபோனதையும் இரண்டு வசனத்தில் முடித்தேன். அலை என்றால் என்னவென்று இந்தக் கரையில் யாருக்கும் நான் படிப்பிக்கத் தேவையில்லை. அந்த இடத்தில் மட்டும் பேச்சை நிறுத்தினேன். ஒரு மிடறு தண்ணீர் குடித்துவிட்டுத் தொடர்ந்தேன்.

“ஆனாலும் அந்தத் தீவு ஓயவில்லை. மறுபடி வளர்கிறது. இன்றைக்கும் புகைகிறது, இன்றைக்கும் வெடிக்கிறது.”

தூரத்தில் முதலாவது சீனவெடி வெடித்தது. நேரம் எவ்வளவு பொருத்தம் என்று மகிழ்ந்தேன். சத்தம் ஏன் தூரத்தில் கேட்கிறது என்று யோசிக்கவில்லை.

வதனி எழுந்து வந்து என் பக்கத்தில் நின்றார். அவர் முகத்தில் கோபமும் இல்லை, பதற்றமும் இல்லை.

“சேர், அப்பா போறார்.”

திரும்பினேன். கரையில் நான் அறைந்த முளையைக் காணவில்லை. வாவி நடுவே, கல்லடிப் பாலத்தை நோக்கி, என் தீவு போய்க்கொண்டிருந்தது. உச்சியில் புகை. அடிவாரத்தில், மாலையோடும் அணையாத பந்தத்தோடும், மலையைக் கட்டிப்பிடித்தபடி பூபாலபிள்ளை. பந்தத்தைக் குழியில் வைக்க அவர் பலகையைவிட்டுத் தீவில் கால் வைத்த கணமே அது கிளம்பிவிட்டதாம். நான் 1883க்கு வருவதற்கு முன்பே மனிதர் புறப்பட்டாயிற்று.

என் வாயிலிருந்து ஒரே ஒரு வார்த்தைதான் வந்தது. அதுவும் ஒலிவாங்கிக்குள்.

“மாமா.”

ஐயா என்று கூப்பிட வேண்டியவரை, சம்பந்தம் பேசி முடியாத நிலையில், பள்ளிக்கூடம் முழுக்கக் கேட்க மாமா என்றேன். ஒலிவாங்கியைப் போட்டுவிட்டு ஓடினேன். இரண்டாவது வெடி வெடித்தது. அதிபரும் ஓடினார். (அவர் எந்தப் பக்கம் ஓடினார் என்பதில் இன்றைக்கும் கருத்து வேறுபாடு உண்டு.)

பாலத்தில் வாகனங்கள் நின்றுவிட்டன. பாலத்துக்குக் கீழே தோணியில் வலை போட்டுக்கொண்டிருந்த இரண்டு பேர், புகைந்துகொண்டும் வெடித்துக்கொண்டும் வருகிற மலையையும் மாலை போட்ட மனிதரையும் பார்த்துவிட்டு, முதலில் தோணியைப் பின்னுக்கு வலித்திருக்கிறார்கள். பிறகுதான் ஒருவர் ஐயா, படம் எடுக்கிறாங்களா என்று மரியாதையாகக் கேட்டாராம். இல்லை, கண்காட்சி என்றாராம் பூபாலபிள்ளை. மிச்ச வெடிகளும் முடியும்வரை காத்திருந்து, கயிறு போட்டுக் கல்லடிக் கரைக்கு இழுத்துவிட்டார்கள்.

அவர் ஓட்டோவில் திரும்பி வந்தபோது முகம் கரியாயிருந்தது. மாலை இன்னும் கழுத்தில் கிடந்தது. அதிபரின் அறையில் உட்கார வைத்துப் பிளேன்ரீ கொடுத்தோம். நான் சுவரோடு சுவராக நின்றேன். வதனியை இழந்துவிட்டேன் என்பதில் எனக்குச் சந்தேகமே இருக்கவில்லை. அழுகை வருகிற மாதிரி இருந்தது. அவர் பாதித் தேநீரைக் குடித்துவிட்டு என்னைப் பார்த்தார்.

“தண்ணி இழுத்திச்சு, சரி. மறுகா அந்த வெடி என்னத்துக்குத் தம்பி?”

“அது ஆயிரத்து எண்ணூத்தி எண்பத்து மூண்டு, ஐயா.”

அவர் கோப்பையை வைத்துவிட்டு மகளிடம் திரும்பினார். இந்தச் சம்பந்தப் பேச்சை இத்தோடு விட்டுவிடுவோம் என்றார். அவர் குரலில் கோபம்கூட இல்லை. எனக்கு அதுதான் இன்னும் பயமாக இருந்தது.

வதனி கணக்குப் போடுகிற முகத்தோடு பேசினார்.

“அப்பா, நீங்க நிதானமான ஆள் வேணுமெண்டுதானே கேட்டீங்க? தீவு போகுது, நீங்க போறீங்க, சனமெல்லாம் கதிரையில ஏறி நிக்குது. இவர்ட குரல் நடுங்கினதா?”

பூபாலபிள்ளை கோப்பையை மறுபடி எடுத்து மிச்சத்தையும் குடித்தார். ஒலிபெருக்கி அவருக்குப் பாலத்தடி வரைக்கும் கேட்டிருக்கிறது.

“இல்ல” என்றார். “நடுங்கல்ல. நடுவில தண்ணியும் குடிச்சவர்.”

“மூத்த அத்தான் எண்டா?”

அவர் எழுந்து மாலையைக் கழற்றினார். பெயின்ட் தட்டு ஞாபகம் வந்திருக்க வேண்டும். போகும்போது வாசலில் நின்று, பரல் ஒன்றுகூடத் தண்ணீர் எடுக்கவில்லை என்று மட்டும் பொதுவாகச் சொல்லிவிட்டுப் போனார். அதுதான் சம்மதம் என்று வதனி பிறகு விளக்கினார்.

கல்யாணத்தில் சம்பந்திகள் இருவரும் அருகருகே உட்கார்ந்திருந்தபோது, அந்த வருசம் ஆத்துவாய் வெட்டச் சொல்லி முன்னுக்கு நின்றது நாங்கள்தான் என்று என் அப்பா பெருமையாகச் சொன்னார். மாமா அவரை ஒரு பார்வை பார்த்தார். அவ்வளவுதான். கடையில் இன்றைக்கும் பரல் வாங்க வருகிறவர்களிடம், நானே ஏறிப் போய்ப் பார்த்த சாமான் என்றுதான் விற்கிறார்.

சிக்கல் எனக்குத்தான். எங்கள் வழக்கப்படி நான் பெண்வீட்டோடு குடிபோனேன். அந்த வீட்டில் நான் நிதானமான மருமகன். சமையலறைக்குள் பாம்பு வந்தாலும், கரண்ட் கம்பி அறுந்து தொங்கினாலும், மூத்தவரைப் பிடித்து இருத்திவிட்டு என்னை முன்னுக்குத் தள்ளுவார்கள். கால் நடுங்குவதை மறைக்க நான் சாரத்தை மடித்துக் கட்டுவதில்லை. உண்மை தெரிந்தவள் வதனி ஒருத்திதான். அவள் பின்னால் நின்று சிரிப்பாள்.

போன மாரியிலும் வாவி நிரம்பியது. காலையிலேயே கடையிலிருந்து மாமாவின் தொலைபேசி.

“ஆத்துவாய் வெட்டிட்டாங்களாம், மருமகன். எல்லாத்தையும் கட்டி வச்சிட்டீங்களா?”

எங்களிடம் கட்டுவதற்கு மாடும் இல்லை, தோணியும் இல்லை. ஒவ்வொரு முறையும் போல, கட்டியாச்சு மாமா என்று நிதானமாகச் சொன்னேன். உள்ளேயிருந்து வதனி குரல் கொடுத்தாள்.

“முதல்ல அப்பா கரையிலதான் நிக்கிறாரா எண்டு கேளுங்க.”